மட்டமும் வட்டமும்

'தானா ராத்தா' என்னும் மலாய்ப் பெயருக்குச் சமநிலம் என்று பொருள். கடல்மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 1,440 மீட்டர் உயரத்தில், சரிவுகளும் பள்ளத்தாக்குகளும் சூழ்ந்த ஊருக்கு இப்பெயர் வாய்த்தது வியப்பன்று. மலைநாட்டில் கையகலச் சமநிலமும் அருஞ்செல்வமே. 1885ஆம் ஆண்டில் அளவாய்வுக்கு வந்த வில்லியம் கேமரன் இம்மேட்டுநிலத்தைக் குறித்து எழுதினார்; ஆயினும் தெளிவான வரைபடத்தை விட்டுச் செல்லவில்லை. 1925இல் சர் ஜார்ஜ் மேக்ஸ்வெல் வந்து ஆராயும்வரை அவருடைய கண்டுபிடிப்பு பெரும்பாலும் ஏட்டளவிலேயே நின்றது. 1929இல் ரஸ்ஸல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். 1931இல் தாப்பாவிலிருந்து மலைச்சாலை வந்து சேர்ந்தது. இத்தகைய சாலைக்கு மண்வெட்டி விழுமுன் மட்டக்கருவி நடந்தாக வேண்டும்.

ரசமட்டத்தின் காற்றுக்குமிழியைக் கொத்தனார்கள் நன்கறிவர். 1661ஆம் ஆண்டளவில் பிரெஞ்சு அறிஞர் தெவெனோ அமைத்த அக்குமிழிக்குழலைத் தொலைநோக்கியோடு இணைத்ததே மட்டக்கருவி. 1832இல் கிராவட் என்னும் ஆங்கிலப் பொறியாளர் அதனைக் குறுக்கிக் கட்டுறுதியாக்கினார். குமிழி நடுவில் நின்றால் பார்வைக்கோடு கிடைமட்டமாக இருக்கும் என்பது நம்பிக்கை. வண்டிக் குலுக்கலிலோ வெயிலிலோ குறுக்கிழை சற்றே நகர்ந்துவிட்டால், குமிழி மெய்யே சொல்ல, கண்ணாடி பொய் சொல்லும்.

அப்பொய்யைப் பிடிக்கும் வழி மிக எளியது. 60 மீட்டர் இடைவெளியில் இரு முளைகளை அறைந்து, சரிநடுவில் கருவியை நிறுத்துக. முதல் முளையின் அளவுகோலில் 1.503, இரண்டாவதில் 1.803 எனக் கொள்வோம். கருவியில் பிழை இருப்பினும் இருபுறமும் 30 மீட்டரே ஆதலின், பிழை இரண்டிலும் ஒன்றாகவே ஏறியிருக்கும், கழிக்கும்போது மறைந்துவிடும். ஆகவே 0.300 மீட்டர் என்பது உண்மையான வேறுபாடு. இனிக் கருவியை முதல் முளையின் அருகே கொண்டு செல்க. அங்கே 1.420 எனில் தொலைமுளையில் 1.720 வரவேண்டும். 1.726 வந்தால் ஆறு மில்லிமீட்டர் பிழை. குறுக்கிழைத் தகட்டின் திருகுகளை மெல்லத் தளர்த்தியும் இறுக்கியும் 1.720க்குக் கொணர்ந்து, மீண்டும் சோதிப்பர்.

ஆறு மில்லிமீட்டர்தானே என்று எண்ணிவிடுதல் கூடாது. மேட்டில் ஏறும்போது பின்னோக்கும் தொலைவு நீளும். முன்னோக்கும் தொலைவு குறுகும். அதனால் பிழை ஒரே பக்கமாகச் சேர்ந்துகொண்டே போகும். சமவெளியில் தன்னைத்தானே அடித்துக்கொள்ளும் பிழை, மலைப்பாதையில் வட்டிபோல் வளரும்.

கருவியின் மெய்ம்மைக்காக மனிதர் பட்ட பாட்டுக்குத் தமிழ்நாடே சான்று தருகிறது. 1802இல் வில்லியம் லாம்டன் பரங்கிமலை அருகே ஏழரை மைல் அடிக்கோட்டினை எஃகுச் சங்கிலியால் அளந்து, இந்தியப் பெரு முக்கோண அளவைக்குத் தொடக்கமிட்டார். 1804இல் பெங்களூரில் இரண்டாம் கோட்டை அளந்து, கணக்கிட்ட நீளத்தோடு ஒப்பிட்டார். நான்கு அங்குலத்துக்கும் குறைவான வேறுபாடே கண்டது. அவர் பயன்படுத்திய பெரிய தியோடலைட் அரை டன் எடையும் 36 அங்குல வட்டமும் உடையது. இங்கிலாந்திலிருந்து வரும் வழியில் பிரெஞ்சுக்காரர் கைப்பற்றி, பின்னர் பெருந்தன்மையோடு அனுப்பிவைத்த கருவி அது.

1808இல் தஞ்சைச் சமவெளியில் தென்னந்தோப்புகள் பார்வையை மறைத்தமையால், பெரிய கோயிலின் உச்சிக்கு அதனை ஏற்ற முற்பட்டனர். கயிறு அறுந்தது, பெட்டி சுவரில் மோதியது, வட்டம் நெளிந்தது. கோணத்தை அளக்கும் வட்டமே வட்டமாக இல்லையெனில் எஞ்சுவது என்ன? கருவி தொலைந்ததென்றே பிறர் கருதினர். லாம்டன் கூடாரத்துள் தம்மை அடைத்துக்கொண்டு, தலைமைக் கைவினைஞர் தவிர எவரையும் உள்ளே விடாமல், கருவியை முழுவதும் பிரித்தார். அகன்ற பலகையில் சரியான அளவில் வட்டம் வெட்டி, ஆப்புகளாலும் திருகுகளாலும் கப்பிகளாலும் நெளிந்த விளிம்பைச் சிறிது சிறிதாக இழுத்து அதற்குள் பொருத்தினார். வளைந்த ஆரைகளைச் சிறு மரச்சுத்தியால் தட்டி நேராக்கினார். ஆறு வாரங்களில் கருவி ஏறக்குறையப் பழைய வடிவம் பெற்றது. அக்கூடாரத்தில் உடனிருந்த கைவினைஞர்களின் பெயரைச் சொல்லாமலே அக்கதை வழங்கி வருகிறது. வரலாற்றின் கண்ணாடியிலும் இவ்வாறு குறுக்கிழை நகர்வதுண்டு.

ஒருவர் பெயர் மட்டும் நல்வாய்ப்பாக நிலைத்தது. ஆர்க்காட்டைச் சேர்ந்த சையத் மீர் மொசின் உசேன் சென்னையில் நகைக்கடை ஒன்றில் தொழில் பயின்றவர். அவருடைய கைத்திறனைக் கண்ட பிளாக்கர் அவரை அளவைத்துறைக்கு அழைத்துச் சென்றார். பின்னர் வந்த ஜார்ஜ் எவரெஸ்ட், ஹென்றி பாரோ என்னும் ஆங்கிலக் கருவியாளரை 1830இல் இந்தியாவுக்குக் கொணர்ந்தார். லாம்டனின் பழைய தியோடலைட்டும் அவர் கையில் புதுப்பிக்கப்பட்டது. பாரோ விலகிய பின், அப்பொறுப்பைத் தாங்கவல்லவர் உசேனே என எவரெஸ்ட் வாதாடினார். ஐரோப்பியர் அமர்ந்த பதவியில் இந்தியர் ஒருவரை அமர்த்தக் கம்பெனி தயங்கிய காலம் அது. 1843இல் கணிதக் கருவியாளர் பதவி உசேனுக்கு வழங்கப்பட்டது.