ஸ்ட்ரெப்டோமைசின்: ஒரு பெயரும் வாரத்துக்கு ரெண்டு ஊசியும்

இந்த எபிசோடு ஒரு நேயர் அனுப்பிய கடிதத்திலிருந்து ஆரம்பிக்குது. அவங்க ஊர் திருவண்ணாமலை. கிரிவலம் போற திருவண்ணாமலை இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்துல, மலைமேல ஸ்ரீநிவாசப் பெருமாள் இருக்காரே, புரட்டாசி சனிக்கிழமையில ராஜபாளையம் பக்கத்திலிருந்தெல்லாம் ஜனங்க கிளம்பிப் போவாங்களே, அந்தத் திருவண்ணாமலை. "ஊர் பேரைச் சொன்னா எல்லாரும் வேற ஊரைத்தான் நினைக்கிறாங்க"ன்னு அவங்களே எழுதியிருக்காங்க. இதைக் கொஞ்சம் ஞாபகம் வச்சுக்கோங்க. ஒரே பேர்ல ரெண்டு விஷயம் இருக்கிற சிக்கல் இன்னைக்கு மறுபடியும் வரும்.

விஷயம் இதுதான். 1970-களில் அவங்க தாத்தாவுக்கு டி.பி. வந்திருக்கு. ஒரு வருஷம், வாரத்துக்கு ரெண்டு நாள், பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூர் போய் ஊசி போட்டுட்டு, மாத்திரையை அங்கேயே முழுங்கிட்டு வருவாராம். நோய் குணமாச்சு. அப்புறம் முப்பது வருஷத்துக்கு மேல இருந்தார். ஆனா கடைசி வரைக்கும் ராத்திரியில கரண்ட் போச்சுன்னா சுவரைப் பிடிச்சுக்கிட்டுத்தான் நடப்பாராம். காதும் மந்தம். இப்ப வீட்டை ஒதுக்கும்போது டிரங்குப் பெட்டியில அவரோட மருந்துச் சீட்டு கிடைச்சிருக்கு. அதுல இருந்த பேர், ஸ்ட்ரெப்டோமைசின்.

நேயர் மூணு கேள்வி கேட்டிருக்காங்க. இந்தப் பேருக்கு என்ன அர்த்தம்? ஏன் வாரத்துக்கு ரெண்டே ரெண்டு ஊசி? மூணாவது, இதே பேரை எங்க ஊர் பூச்சிமருந்துக் கடையில நெல்லுக்கு விக்கிற பாக்கெட்டிலும் பாக்கிறேனே, ரெண்டும் ஒண்ணா?

முதல் கேள்விக்கு 1943-க்குப் போகணும். அமெரிக்காவில், நியூ ஜெர்சி மாநிலத்தின் ரட்கர்ஸ் பல்கலைக்கழகம். செல்மன் வாக்ஸ்மன் என்ற மண் நுண்ணுயிரியல் பேராசிரியர். 'ஆன்டிபயாட்டிக்' என்ற சொல்லை இன்றைய பொருளில் புழக்கத்துக்குக் கொண்டு வந்தவர் அவர்தான். அவரிடம் ஆய்வு மாணவராக இருந்தவர் ஆல்பர்ட் ஷாட்ஸ், வயது 23. பென்சிலின் அப்போ வந்தாச்சு. ஆனா காசநோய்க் கிருமிகிட்ட பென்சிலின் பலிக்கல. ராபர்ட் கோக் அந்தக் கிருமியைக் கண்டுபிடிச்சு 60 வருஷம் ஆகியும் அதைக் கொல்ற நம்பகமான மருந்து கிடையாது. ஷாட்ஸ் அடித்தளத்தில் இருந்த ஆய்வகத்தில் மண்ணில் வாழும் நுண்ணுயிர்களை ஒண்ணொண்ணா வளர்த்துப் பார்த்துக்கிட்டிருந்தார். 1943 அக்டோபரில் சாம்பல் நிறத்தில் வளர்ந்த ஒரு நுண்ணுயிர் சிக்கியது. ஒரு மாதிரி எரு போட்ட வயல் மண்ணிலிருந்து வந்தது. இன்னொண்ணு ஒரு கோழியின் தொண்டையிலிருந்து. அந்த நுண்ணுயிரின் பேர் ஸ்ட்ரெப்டோமைசஸ் கிரீசியஸ். அது சுரந்த மருந்துதான் ஸ்ட்ரெப்டோமைசின்.

பேரைப் பிரிச்சுப் பார்த்தா, கிரேக்கத்தில் 'ஸ்ட்ரெப்டோஸ்' என்றால் முறுக்கியது. 'மைகஸ்' என்றால் பூஞ்சை, காளான். ஆக, முறுக்குப் பூஞ்சை. மைக்ராஸ்கோப்பில் பார்த்தா அது முறுக்கிய நூல் மாதிரிதான் தெரியும். ஆனா இதுல ஒரு தப்பு இருக்கு. ஸ்ட்ரெப்டோமைசஸ் பூஞ்சையே இல்லை, பாக்டீரியா. பூஞ்சை மாதிரி இழை விட்டு வளர்றதால அப்படிப் பேர் வச்சாங்க, அது அப்படியே நிலைச்சிருச்சு. இந்தக் குடும்பத்தை நம்ம எல்லாருக்கும் மூக்கால் தெரியும். முதல் மழை விழுந்ததும் மண் வாசனை வருதே, அதுக்குக் காரணமான ஜியோஸ்மின் என்ற பொருளை மண்ணில் உண்டாக்குறதில் முக்கியமானவை இந்த நுண்ணுயிர்கள்தான்.

அதுக்கப்புறம் மைசின், மைசின்னு பேர்கள் வரிசையா வந்தது. எரித்ரோமைசின், வான்கோமைசின், கிளிண்டாமைசின், அசித்ரோமைசின். ஒரே வால் இருக்கிறதால எல்லாம் ஒரே வகை மருந்துன்னு நினைச்சிடக் கூடாது. எல்லாமே கிருமியை ஒரே இடத்தில் தாக்குறதில்லை. மைட்டோமைசின்னு ஒண்ணு இருக்கு, அது புற்றுநோய் மருந்து. 'மைசின்' என்ற வால் மருந்து பிறந்த வீட்டைச் சொல்லுதே தவிர, பார்க்கிற வேலையைச் சொல்லல.

இங்கதான் நம்ம ரெண்டு திருவண்ணாமலைச் சிக்கல் வருது. ஜென்டாமைசின் கேள்விப்பட்டிருப்பீங்க. அது ஸ்ட்ரெப்டோமைசஸ் குடும்பம் இல்லை, மைக்ரோமோனோஸ்போரா என்ற வேற நுண்ணுயிரிலிருந்து வந்தது. அதனால ஆங்கிலத்தில் அந்த வாலின் எழுத்தில் ஒய் வராது, ஐ வரும். வெளிநாட்டில் மருத்துவ மாணவர்களே அதைத் தப்பா எழுதுவாங்க. தமிழில் எழுதும்போது அந்த வித்தியாசம் சுத்தமா மறைஞ்சிடுது. ரெண்டுமே 'மைசின்'தான்.

இந்தப் பேர் ஒரு வழக்குக்கும் காரணமாச்சு. 1950-ல் ஷாட்ஸ் தன் ஆசிரியர் மேலேயே வழக்குப் போட்டார். அந்த வருஷ முடிவில் சமரசம் ஆச்சு. ஷாட்ஸ் இணைக் கண்டுபிடிப்பாளர்னு ஏத்துக்கிட்டாங்க, ராயல்டியில் 3 சதவீதமும் கிடைச்சது. ஆனா 1952-ல் நோபல் பரிசு வாக்ஸ்மன் ஒருத்தருக்கு மட்டும்தான்.

சரி, மருந்து கிடைச்சாச்சு, பேரும் வச்சாச்சு. அதை எப்படிக் கொடுக்கணும்? ரெண்டாவது கேள்வி இதுதான்.

பிரிட்டனில் அப்போ இந்த மருந்து கொஞ்சம்தான் கிடைச்சது. வாங்க டாலர் இல்லை. எல்லாருக்கும் கொடுக்க முடியாதுங்கிறதால மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் 107 நோயாளிகளைக் குலுக்கல் முறையில் ரெண்டாகப் பிரிச்சது. 55 பேருக்குப் படுக்கை ஓய்வோடு ஸ்ட்ரெப்டோமைசின், 52 பேருக்கு ஓய்வு மட்டும். ஆறு மாசத்தில் மருந்து எடுத்தவங்களில் 4 பேர் இறந்தாங்க, எடுக்காதவங்களில் 14 பேர். முடிவு 1948-ல் வெளியானது. பெரிய வெற்றி. ஆனா அஞ்சு வருஷம் கழிச்சுப் பார்த்தா ரெண்டு பக்கமும் பாதிக்கு மேல இறந்துட்டாங்க, வித்தியாசம் கொஞ்சம்தான். காரணம், கிருமி மருந்துக்குப் பழகிடுச்சு.

நுரையீரலில் கோடிக்கணக்கில் கிருமி இருக்கும்போது, எந்த ஒரு மருந்துக்கும் மசியாத கிருமி சிலது முன்னாடியே அங்க இருக்கும். ஒரே மருந்தைக் கொடுத்தா மத்ததெல்லாம் சாகும், அந்தச் சிலது பெருகிடும். ரெண்டு மருந்தைச் சேர்த்துக் கொடுத்தா, ரெண்டுக்கும் மசியாத கிருமி இருக்கிறது ரொம்ப அபூர்வம். அதனால் பி.ஏ.எஸ்., 1952-ல் வந்த ஐசோனியாசிட் ஆகியவற்றோடு சேர்த்துக் கொடுக்க ஆரம்பிச்சாங்க. ஒரு வருஷத்துக்கு மேல விடாமல் கொடுக்கணும். பணக்கார நாடுகளில் நோயாளியை சானடோரியத்தில் படுக்க வச்சுக் கொடுத்தாங்க. நம்ம ஊர்ல? தாம்பரம் சானடோரியம் 1928-லிருந்தே இருந்தது. ஆனா இருந்த நோயாளிகளுக்கு எந்த சானடோரியமும் பத்தாது.

1956-ல் சென்னை சேத்துப்பட்டில் காசநோய் மருந்துச் சிகிச்சை மையம் தொடங்கியது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில், சென்னை மாநில அரசு, உலக சுகாதார நிறுவனம், பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில், நாலும் சேர்ந்து நடத்தினது. தலைமை தாங்க வந்தவர் வாலஸ் ஃபாக்ஸ் என்ற பிரிட்டிஷ் மருத்துவர். இன்னைக்கு அது தேசிய காசநோய் ஆராய்ச்சி நிறுவனம்.

அவங்க எடுத்த முதல் கேள்வி ரொம்ப எளிமையானது. மருந்து ஒண்ணுதான்னா, வீட்டில் இருந்து சாப்பிட்டா என்ன? நகரத்து ஏழை நோயாளிகள் 193 பேரைக் குலுக்கலில் பிரிச்சு, ஒரு பாதியை சானடோரியத்தில் சேர்த்தாங்க. மறு பாதி வீட்டிலேயே. மருந்து ரெண்டு பேருக்கும் ஒண்ணு, ஐசோனியாசிட்டும் பி.ஏ.எஸ்.ஸும், ஒரு வருஷம். சானடோரியத்தில் நல்ல சாப்பாடு, ஓய்வு, காத்தோட்டம். வீட்டில் சின்ன அறை, நிறைய ஜனம், அரை வயித்துச் சாப்பாடு. 1959-ல் முடிவு வெளியாச்சு. ரெண்டு பக்கமும் கிட்டத்தட்ட ஒரே அளவு குணம். வீட்டில் கூட இருந்தவங்களுக்கும் அதனால நோய் அதிகமாகல. உலகம் முழுக்க சானடோரியங்கள் மூட ஆரம்பிச்சதுக்கு இந்தச் சென்னை ஆய்வு ஒரு முக்கியக் காரணம்.

ஆனா வீட்டு வைத்தியத்தில் ஒரு ஓட்டை. மாத்திரையைச் சாப்பிட்டாங்களான்னு யார் பார்க்கிறது? பி.ஏ.எஸ். தினமும் கிராம் கணக்கில் முழுங்கணும், வயித்தைப் புரட்டும். சேத்துப்பட்டு ஆட்கள் சொல்லாமல் வீட்டுக்குப் போய் மாத்திரை எண்ணினாங்க, சிறுநீரைச் சோதிச்சாங்க. பலர் ஒழுங்கா எடுக்கலன்னு தெரிஞ்சது. அவங்களைத் திட்டி என்ன பிரயோசனம்? இருமல் நின்ன ஆளுக்கு, வேலைக்குப் போற ஆளுக்கு, ஒரு வருஷம் தினமும் மருந்து ஞாபகம் இருக்குமா?

இங்கதான் ஸ்ட்ரெப்டோமைசின் திரும்ப உள்ள வருது. அதுக்கு ஒரு பெரிய குறை, வாயால் சாப்பிட முடியாது. குடல் அதை உறிஞ்சாது, ஊசிதான். அந்தக் குறையையே சேத்துப்பட்டில் வசதியாக மாத்தினாங்க. ஊசின்னா நோயாளி நேரில் வந்தே ஆகணும். வரும்போது ஐசோனியாசிட்டைக் கூடுதல் அளவில் நர்ஸ் கண் முன்னாடியே முழுங்க வச்சிடலாம். தினமும் வரச் சொன்னா கூலி போயிடும். மருந்து பட்ட கிருமி திரும்ப வளர சில நாள் எடுக்கும்கிறதால வாரத்துக்கு ரெண்டு தடவை போதுமான்னு சோதிச்சாங்க. 1964-ல் வெளியான முடிவு, போதும். தினமும் வீட்டில் தானாகச் சாப்பிடுற பழைய முறையைவிட இது குறைஞ்சதில்லை. பின்னாடி 'டாட்ஸ்'னு உலகம் முழுக்கப் பரவிய, கண் முன்னாடி மருந்து கொடுக்கிற முறைக்கு வேர்களில் ஒண்ணு இது.

ஆக அம்மா, உங்க தாத்தா வாரத்துக்கு ரெண்டு நாள் பஸ் ஏறினதுக்குக் காரணம் சேத்துப்பட்டில் இருக்கு. தினக்கூலி ஆட்களின் கஷ்டத்தைக் கணக்கில் எடுத்து, அவங்களை வச்சே சோதிச்சுக் கண்டுபிடிச்ச அட்டவணை அது.

அதுக்கு அவர் கொடுத்த விலையும் உண்மை. ஸ்ட்ரெப்டோமைசின் உள்காதில் இருக்கிற மெல்லிய முடி போன்ற செல்களைச் சேதப்படுத்தும். முதலில் போறது பெரும்பாலும் சமநிலை. பகலில் கண் அதை ஈடு கட்டிடும். இருட்டில் ஈடு கட்ட ஆள் இல்லை, தள்ளாடும். சிலருக்குக் கேட்கும் திறனும் குறையும். போன செல் திரும்ப வளராது. நீங்க எழுதின அந்தச் சுவர் பிடிக்கிற பழக்கம், இந்த மருந்தைப் பார்த்த தலைமுறை டாக்டர்களுக்கு நல்லாத் தெரிஞ்ச காட்சி. ரிஃபாம்பிசின் போன்ற மாத்திரைகள் வந்த பிறகு ஊசி பின்வாங்கியது. மறுபடி நோய் வந்தவங்களுக்கு மட்டும் ரொம்ப காலம் போட்டாங்க. அந்த முறையைக் கைவிடச் சொல்லி 2017-ல் உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைத்தது.

மூணாவது கேள்வி. ஆமா, ரெண்டும் ஒண்ணுதான். ஸ்ட்ரெப்டோசைக்ளின்னு விக்கிற பொடியில் 9 பங்கு ஸ்ட்ரெப்டோமைசின், 1 பங்கு டெட்ராசைக்ளின். நெல்லில் பாக்டீரியா இலைக்கருகல், எலுமிச்சையில் சொறி நோய், இதுக்கெல்லாம் தாமிர மருந்தோடு கலந்து அடிப்பாங்க. மருந்து வயலில் விழுந்தா மண்ணில் இருக்கிற பாக்டீரியாவும் அதுக்குப் பழகும். பழகினது மனுஷ உடம்புக் கிருமிக்கும் அந்தக் குணத்தைக் கடத்தலாம்னு ஒரு பயம். அதனால்தான் 2021 டிசம்பரில் ஒன்றிய வேளாண் அமைச்சகம் இவற்றை விவசாயத்தில் நிறுத்த வரைவு ஆணை வெளியிட்டது.

மண்ணிலிருந்து எடுத்த மருந்து மறுபடி மண்ணுக்கே போகுது. ஆனா தாத்தா கதையில் ஊசியை எண்ணினாங்க, நாளை எண்ணினாங்க, ஆளைப் பேர் சொல்லிக் கூப்பிட்டாங்க. வயலில் அந்தக் கணக்கு கிடையாது. மெடிக்கல் ஷாப்பில் போய் "அந்த மைசின் மாத்திரை மூணு குடுங்க"ன்னு கேக்கும்போதும் கிடையாது. 2014 மார்ச்சிலிருந்து முக்கியமான ஆன்டிபயாட்டிக்குகளையும் காசநோய் மருந்துகளையும் சீட்டோடுதான் விக்கணும், யாருக்குக் கொடுத்தோம்னு பதிவேட்டில் எழுதணும்னு விதி இருக்கு. கடைக்காரர் சீட்டு கேட்டா கோபப்படாதீங்க.

தாத்தாவோட சீட்டைத் தூக்கிப் போட்டுடாதீங்க அம்மா. ஒரு வருஷம் ஒரு நாளும் தவறாமல் போய் வந்தவரோட வருகைப் பதிவு அது. அடுத்த எபிசோடில் சந்திப்போம்.