எரிந்த சுவரை என்ன செய்வது?

பேரையூர்ப் பக்கத்திலிருந்து ஜவுளி எடுக்க மதுரைக்கு வருகிற சனம் விளக்குத்தூணுக்குத்தான் வருது. அது யாருக்கு வைத்த விளக்கு? 1840-ஐ ஒட்டிய வருஷங்களில் கோட்டை மதிலை இடித்து அகழியைத் தூர்த்த கலெக்டர் பிளாக்பர்னுக்கு. இடிப்பு வேலை பார்த்த பெருமாள் மேஸ்திரியும் மாரட்டும் தெருப்பெயர்களாக நிற்கிறார்கள். அதே கோட்டையை வெள்ளையனுக்கு எதிராகக் காத்து, காட்டிக்கொடுக்கப்பட்டு, 1764-இல் தூக்கில் தொங்கிய கான்சாகிப்புக்குச் சம்மட்டிபுரத்தில் ஒரு சமாதி. போருக்குப் பின்னான நகரமைப்பு யாருடைய ஞாபகத்தை நடுவில் வைக்கிறது, யாரை ஓரங்கட்டுகிறது என்பதற்கு நம்ம ஊரே சாட்சி.

யாழ்ப்பாணப் பொது நூலகத்தை இந்த இடத்திலிருந்துதான் வாசிக்க வேண்டியிருக்கிறது. 1933-இல் கே. எம். செல்லப்பா தன் வீட்டில் தொடங்கியது. சென்னைக் கட்டடக் கலைஞர் நரசிம்மன் வரைந்த கட்டடத்தில் 1959-இல் திறந்தது. 1981 மே 31 இரவு போலீசும் கும்பலுமாகக் கொளுத்தினார்கள். சுவடிகளோடு சேர்த்துச் சுமார் 97,000 நூல்கள் போயின.

சீரமைப்பை ஏற்ற கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா பிறகு அந்த அனுபவத்தைத் தனி நூலாகவே எழுதினார். அவர்முன் இருந்தது அழகியல் கேள்வி மட்டுமல்ல. கரிந்ததை நினைவுச் சின்னமாக விட்டுவிட்டுப் புதுசு கட்டுவதா, பழைய உருவத்தையே எழுப்புவதா? கவென்ட்ரியில் 1940-இல் குண்டுவீச்சில் இடிந்த தேவாலயத்தைப் பேசில் ஸ்பென்ஸ் இடிபாடாகவே நிறுத்தினார். பக்கத்தில் கட்டிய புதியது 1962-இல் திறந்தது. வார்சாவிலோ பழைய ஓவியங்களையும் பார்த்துப் பார்த்து நகரைத் திரும்பக் கட்டினார்கள். ரெண்டு இடத்திலும் அழித்தவன் தோற்றுப்போயிருந்தான். யாழ்ப்பாணத்தில் அப்படியா? எரிந்தபோது இருந்த அரசேதான் கட்டவும் வந்தது. கட்சி மாறியிருந்தது, அவ்வளவுதான்.

1984-இல் திருத்திய பகுதி அடுத்த வருஷமே சிதைந்தது. கோட்டையில் ராணுவம், நூலகத்தில் போராளிகள் என்றானபின் வரைபடத்துக்கு என்ன மரியாதை? 1998-இல் சந்திரிகா அரசின் வெண்தாமரை இயக்கம் சனங்களிடம் செங்கல்லும் புத்தகமும் கேட்டது. குவிமாடம் பழையபடி எழும்பியது, சுவர்கள் வெள்ளையாயின. சமாதானத்தின் விளம்பரத்துக்கு அந்த வெள்ளை தேவைப்பட்டது. கரிபடிந்த ஒரு அறையையாவது அப்படியே விட்டிருக்கணும் என்பது என் கட்சி. ஆனா, முழுக்கவே இடிபாடாக விட்டிருக்கலாம் என்று தூரத்திலிருந்து சொல்வது சுலபம். அங்கே படிக்கிற பிள்ளைக்குக் கூரை வேணுமே.

2003-இல் திறப்புக்கு நாள் குறித்தார்கள். புலிகள் எதிர்த்தார்கள். அந்த நெருக்குதலைக் கண்டித்து மாநகரசபை உறுப்பினர்கள் 23 பேரும் ராஜினாமாக் கொடுத்தார்கள். அப்புறம் நூலகம் திறந்தது. வாசலில் புதுச் சரஸ்வதி சிலை. உள்ளே பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள்.