மூட்டு நோய்கள்: எந்தப் பரிசோதனை எதற்கு? எந்தச் சிகிச்சை எப்போது?

படியேறும்போதும், நிலத்திலிருந்து எழும்பும்போதும், தொழுகையில் ஸுஜூதிலிருந்து நிமிரும்போதும், கோயில் வீதியை வலம் வரும்போதும் முழங்காலில் ஏற்படும் வேதனையை "வயதுபோனால் வருவதுதானே" என்று ஒதுக்கிவிடும் வழக்கம் எம்மவரிடையே நெடுங்காலமாக இருந்து வருகிறது. மறுபுறத்தில், வலி தொடங்கிய மறுநாளே பெருந்தொகைப் பணத்தைச் செலவிட்டு ஸ்கான் எடுத்துக்கொண்டு வைத்தியரிடம் செல்வோரும் உள்ளனர். இவ்விரு போக்குகளும் தீங்கானவையே. முதலாவதனால் குணப்படுத்தக்கூடிய நோய் குணப்படுத்த முடியாத நிலையை அடைகின்றது. இரண்டாவதனால் தேவையற்ற சிகிச்சைக்கு வழி பிறக்கின்றது. மூட்டு நோய்களைக் கண்டறியவும் குணப்படுத்தவும் கையாளப்படும் மருத்துவ முறைகள் எவை, அவை எவருக்குப் பொருந்தும் என்பதை அறிந்திருப்பது நோயாளருக்கும் அவரைப் பராமரிப்போருக்கும் அவசியமாகும்.

மூட்டின் அமைப்பு

இரு என்புகள் சந்திக்கும் இடமே மூட்டு ஆகும். என்புகளின் முனைகளை வழுவழுப்பான கசியிழையம் மூடியுள்ளது. அவற்றைச் சுற்றியுள்ள உறையின் உட்புறத்தில் மென்சவ்வொன்று அமைந்துள்ளது. இச்சவ்வு சுரக்கும் திரவமே மூட்டுக்கு மசகாகப் பயன்படுகின்றது. கசியிழையம் தேய்வதால் ஏற்படுவது தேய்வு மூட்டுவாதம் ஆகும். உடலின் நோயெதிர்ப்புச் சக்தியே மென்சவ்வைத் தாக்குவதால் ஏற்படுவது ருமட்டொயிட் மூட்டுவாதம். யூரிக் அமிலம் பளிங்குகளாகப் படிவதால் வருவது கவுட். பற்றீரியாக்கள் புகுவதால் மூட்டினுள் சீழ் பிடிப்பதும் உண்டு. இவை அனைத்தையும் பொதுமக்கள் "வாதம்" என்ற ஒரே சொல்லால் குறிப்பிட்டாலும், ஒன்றுக்குரிய மருந்து மற்றதற்குப் பயன்படுவதில்லை. ஆகவேதான் நோயை இனங்காண்பது முதற்படியாகின்றது.

விசாரணையும் கைப்பரிசோதனையும்

எந்த இயந்திரத்தையும் விடக் கூடுதலான தகவலைத் தருவது வைத்தியர் நோயாளரிடம் கேட்கும் கேள்விகளாகும். காலையில் எழுந்ததும் மூட்டு இறுகியிருந்து, அரை மணி நேரத்துக்குள் தளர்ந்துவிடுகிறதென்றால் அது பெரும்பாலும் தேய்வினால் ஏற்படுவது. ஒரு மணி நேரத்துக்கு மேலும் இறுக்கம் நீடித்து, இரு கைகளினதும் சிறு மூட்டுகள் வீங்கியிருப்பின் ருமட்டொயிட் மூட்டுவாதத்தைச் சந்தேகிக்க வேண்டும். இரவில் நன்றாக உறங்கியவர் விடியற்காலையில் கால் பெருவிரல் சிவந்து வீங்கித் தாங்கொணா வலியுடன் விழித்தெழுந்தால் அது கவுட் ஆக இருக்கலாம்.

காய்ச்சலுடன் வரும் மூட்டுவலி வேறு வகையைச் சேர்ந்தது. 2006 ஆம் ஆண்டின் பிற்பகுதியில் யாழ்ப்பாணம், மட்டக்களப்பு, கல்முனை, மன்னார், புத்தளம் முதலான பகுதிகளில் பரவிய சிக்குன்குன்யா, பலரை மாதக்கணக்கில் மூட்டுவலியால் அவதியுறச் செய்தமையை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். எனினும் காய்ச்சலும் உடல்வலியும் டெங்குவின் அறிகுறிகளுமாகும். எனவே காய்ச்சல் உள்ளபோது டைக்குளோபெனக், இபுபுரோபென் போன்ற வலிநிவாரணிகளை உட்கொள்வது ஆபத்தானது. அவை குருதிப்பெருக்கை உண்டாக்கக்கூடும். அவ்வேளையில் பரசிட்டமோலை மட்டுமே உரிய அளவில் எடுத்துக்கொண்டு வைத்தியரை நாட வேண்டும்.

குருதிப் பரிசோதனைகள்

இ.எஸ்.ஆர்., சி.ஆர்.பி. ஆகிய இரண்டும் உடலில் அழற்சி உள்ளதா என்பதைக் காட்டுமேயன்றி, அது எங்கே, எதனால் என்பதைக் கூறமாட்டா. ருமட்டொயிட் காரணி எனப்படும் பரிசோதனை, அந்நோய் இல்லாத முதியவர் சிலரிலும் நேர்முடிவைக் காட்டலாம். நோயுள்ள சிலரில் காட்டாமலும் விடலாம். அன்ரி சி.சி.பி. என்னும் பரிசோதனை இதிலும் துல்லியமானது. யூரிக் அமில அளவும் இவ்வாறே. அது கூடியிருக்கும் அனைவருக்கும் கவுட் வருவதில்லை. கடும் வலி உள்ள நாட்களில் அளவு சாதாரணமாகத் தென்படுவதும் உண்டு. ஆகவே ஆய்வுகூட அறிக்கையில் தடித்த எழுத்தில் உள்ள ஓர் இலக்கத்தை மட்டும் வைத்து நோயைத் தீர்மானிப்பது தவறாகும்.

எக்ஸ்ரேயும் ஸ்கானும்

1895 ஆம் ஆண்டு ரொன்ட்ஜன் கண்டுபிடித்த எக்ஸ்ரே கதிர்களே இன்றும் மூட்டு நோய்களுக்கான முதன்மைப் படமுறையாக விளங்குகின்றன. எக்ஸ்ரே படத்தில் கசியிழையம் தெரியாது. ஆயினும் இரு என்புகளுக்கும் இடையிலான இடைவெளி குறுகியிருப்பதைக் கொண்டு தேய்வு ஊகிக்கப்படுகிறது. முழங்காலைப் பொறுத்தமட்டில் நோயாளரை நிற்கவைத்து எடுக்கும் படமே உண்மை நிலையைக் காட்டும். அல்ட்ரா சவுண்ட் ஸ்கான் மூலம் மூட்டில் திரவம் சேர்ந்துள்ளதையும் மென்சவ்வு தடித்துள்ளதையும் அறியலாம். இதில் கதிர்வீச்சு கிடையாது.

எம்.ஆர்.ஐ. ஸ்கான் கசியிழையம், இணையங்கள், முழங்காலினுள் உள்ள பிறைவடிவத் தட்டுகள் ஆகியவற்றைத் தெளிவாகக் காட்டும். ஆனால் அதன் தெளிவே சிலவேளை தவறான முடிவுக்கு இட்டுச்செல்கிறது. அமெரிக்காவின் பிரேமிங்ஹாம் நகரில் 50 வயதுக்கும் 90 வயதுக்கும் இடைப்பட்ட 991 பேரிடம் மேற்கொள்ளப்பட்டு 2008 இல் வெளியான ஆய்வில், பிறைவடிவத் தட்டில் கிழிவு காணப்பட்டவர்களுள் 61 சதவீதமானோருக்கு முந்திய மாதத்தில் முழங்கால் வலியோ இறுக்கமோ இருக்கவில்லை. கிழிவு என்று அறிக்கையில் எழுதப்பட்டிருப்பதனாலேயே அதுதான் வலிக்குக் காரணம் என்று கொள்ள முடியாது என்பதை இது உணர்த்துகின்றது.

ஊசிமூலம் திரவம் எடுத்தல்

வீங்கிய மூட்டினுள் ஊசியைச் செலுத்தித் திரவத்தை உறிஞ்சி எடுத்துப் பரிசோதிப்பது எளிய முறையாயினும் மிகப் பெறுமதி வாய்ந்தது. திரவத்தில் ஒரு கன மில்லிமீற்றருக்கு 2000 க்குக் குறைந்த வெண்கலங்கள் இருப்பின் அழற்சி பெரிதாக இல்லை எனலாம். 50,000 ஐத் தாண்டினால் கிருமித் தொற்றைப் பலமாகச் சந்தேகிக்க வேண்டும். திரவத்தை வளர்ப்புச் சோதனைக்கு உட்படுத்துவதால் எந்தக் கிருமி, அதற்கு எந்த நுண்ணுயிர்கொல்லி என்பது தெரியவரும். கவுட் நோயாளரின் மூட்டுத் திரவத்தில் யூரிக் அமிலப் பளிங்குகள் இருப்பதை முனைவாக்கிய ஒளி நுணுக்குக்காட்டியால் காணலாம் என்பதை 1961 இல் மக்காட்டியும் ஹொலண்டரும் நிறுவினர். இன்றும் கவுட் நோயை ஐயந்திரிபற உறுதிசெய்யும் வழி இதுவே.

ஒரு மூட்டு மட்டும் திடீரெனச் சிவந்து, சூடாகி, வீங்கி, அசைக்க முடியாதவாறு வலித்தால், அதனுடன் காய்ச்சல் இருந்தாலும் இல்லாவிட்டாலும், அன்றே வைத்தியசாலைக்குச் செல்ல வேண்டும். மூட்டினுள் சீழ் பிடித்தால் கசியிழையம் சில நாட்களிலேயே அழிந்துவிடும். குருதியில் கிருமி கலந்தால் உயிராபத்தும் நேரலாம். நீரிழிவு நோயாளரும் ஸ்டெரொயிட் மருந்து பாவிப்போரும் இதில் விசேட கவனம் செலுத்த வேண்டும். இவ்வாறான மூட்டுக்கு எண்ணெய் பூசி உருவி, பத்துப் போட்டுக் காத்திருப்பது மூட்டை இழப்பதற்கே வழிவகுக்கும்.

மருந்துகளும் அவற்றின் எல்லைகளும்

தேய்வு மூட்டுவாதத்தைப் பொறுத்தவரை, தேய்ந்த கசியிழையத்தை மீண்டும் வளர்க்கும் மருந்து எதுவும் இதுவரை உறுதியாக நிரூபிக்கப்படவில்லை. தொடைத் தசைகளைப் பலப்படுத்தும் பயிற்சியும் உடல் எடையைக் குறைப்பதுமே முதற் சிகிச்சைகளாகும். எடையில் 1 கிலோ குறைந்தால், எடுத்து வைக்கும் ஒவ்வோர் அடியிலும் முழங்கால் மீதான சுமை ஏறத்தாழ 4 கிலோ குறைகின்றது. வலிநிவாரணிக் குளிசைகளை வைத்திய ஆலோசனையின்றி மாதக்கணக்கில் விழுங்குவோர் இரைப்பைப் புண்ணுக்கும் சிறுநீரகப் பாதிப்புக்கும் ஆளாகின்றனர்.

ருமட்டொயிட் மூட்டுவாதத்தின் நிலைமை வேறு. இங்கு முதல் மாதங்களிலேயே தகுந்த மருந்தைத் தொடங்கினால் மூட்டுகள் உருக்குலைவதைத் தடுக்கலாம். இதில் முதலிடம் வகிக்கும் மெதொட்ரெக்ஸேற் வாரத்துக்கு ஒரு நாள் மட்டுமே எடுக்க வேண்டிய மருந்தாகும். இதனைத் தவறுதலாகத் தினமும் உட்கொண்டால் என்பு மச்சை பாதிக்கப்பட்டு மரணமும் சம்பவிக்கலாம். எனவே எந்தக் கிழமையில் எடுப்பது என்பதை மருந்துப் பொதியிலேயே எழுதிவைத்து, வீட்டிலுள்ள மற்றொருவருக்கும் தெரிவித்திருத்தல் நன்று. ஈரலையும் குருதிக் கலங்களையும் அவதானிக்கக் காலத்துக்குக் காலம் குருதிப் பரிசோதனை செய்ய வேண்டும். கர்ப்பிணிகள் இதனை உட்கொள்ளலாகாது. இதற்கும் கட்டுப்படாத நோய்க்கு 1990 களின் இறுதியிலிருந்து உயிரியல் மருந்துகள் பயன்பாட்டிலுள்ளன. அவற்றைத் தொடங்குமுன் உடலில் மறைந்துள்ள காசநோய் உண்டா எனப் பரிசோதிப்பது கட்டாயமாகும்.

ஸ்டெரொயிட் மருந்தைப் பற்றியும் குறிப்பிட வேண்டும். 1948 இல் அமெரிக்காவின் மாயோ கிளினிக்கில், எழுந்து நடமாட இயலாதிருந்த நோயாளி ஒருவர் கோட்டிசோன் பெற்றுச் சில நாட்களில் நடந்தார். அவருக்குச் சிகிச்சையளித்த பிலிப் ஹென்ச் 1950 இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். ஆனால் நீண்டகாலம் பாவிக்கும்போது என்பு நலிவு, நீரிழிவு, உயர் குருதியமுக்கம், கிருமித் தொற்று ஆகியன தொடர்கின்றன என்பதும் விரைவில் தெரியவந்தது. பெயரோ உள்ளடக்கமோ குறிப்பிடப்படாத குளிசையையோ தூளையோ உட்கொண்டு இரண்டே நாளில் வலி பறந்துவிட்டதென்றால், அதில் ஸ்டெரொயிட் கலந்திருக்கக்கூடும் எனச் சந்தேகிப்பதே அறிவுடைமை. அத்தகைய மருந்தைப் பல வாரங்கள் எடுத்தவர்கள் அதனைத் திடீரென நிறுத்துவதும் ஆபத்தாகும். வைத்தியரிடம் மறைக்காது கூறுவதே பாதுகாப்பான வழி.

மூட்டினுள் செலுத்தும் ஊசி

ஸ்டெரொயிட்டை மூட்டினுள்ளேயே ஊசி மூலம் செலுத்தினால் சில வாரங்களுக்கு வலி தணியும். ஆயினும் இதனை வழக்கமாக்கிக் கொள்ளலாகாது. 140 நோயாளருக்கு 2 ஆண்டுகள், 3 மாதத்துக்கு ஒரு தடவை முழங்காலில் ஊசியேற்றி நடத்தப்பட்டு 2017 இல் வெளியான ஆய்வொன்றில், ஸ்டெரொயிட் பெற்றவர்களின் கசியிழையம் உவர்நீர் ஊசி பெற்றவர்களுடையதை விடக் கூடுதலாகத் தேய்ந்திருந்தது. வலியிலோ வேறுபாடு காணப்படவில்லை. நீரிழிவு நோயாளருக்கு ஊசியேற்றிய பின் சில நாட்கள் குருதிச் சீனி உயரும் என்பதையும் நினைவிற்கொள்ள வேண்டும்.

ஆத்ரொஸ்கோப்பி

சிறு துளையொன்றினூடாக மூட்டினுள் நோக்குக் குழாயைச் செலுத்திப் பார்க்கும் முறை ஆத்ரொஸ்கோப்பி எனப்படும். 1918 இல் ஜப்பானிய வைத்தியர் கென்ஜி தக்காகி, சிறுநீர்ப்பையைப் பார்க்கும் கருவியைக் கொண்டு இறந்தவரின் முழங்காலை நோக்கியதிலிருந்து இது வளர்ச்சி பெற்றது. விளையாட்டில் இணையம் அறுந்த இளைஞருக்கும், மூட்டு பூட்டிக்கொண்டு நீட்ட முடியாதிருப்பவருக்கும், சீழ் பிடித்த மூட்டைக் கழுவுவதற்கும் இது பெரும் பயனளிக்கிறது.

ஆனால் வயதினால் தேய்ந்த முழங்காலைக் கழுவிச் சுத்தம் செய்வதற்கு இதனைப் பயன்படுத்துவது வேறு விடயமாகும். 2002 இல் அமெரிக்காவின் ஹூஸ்டனில் 180 நோயாளரிடம் நடத்தப்பட்ட ஆய்வின் முடிவு வெளியானது. ஒரு பகுதியினருக்குத் தோலில் மட்டும் வெட்டிட்டுத் தைத்து விட்டனர். மெய்யான சத்திரசிகிச்சை பெற்றவர்கள் இவர்களை விட எவ்விதத்திலும் கூடிய நன்மை அடையவில்லை. 2017 இல் சர்வதேச நிபுணர் குழுவொன்றும் தேய்வடைந்த முழங்காலுக்கு இச்சிகிச்சை வேண்டாமெனப் பலமாகப் பரிந்துரைத்தது.

மாற்று மூட்டு

பயிற்சியும் மருந்தும் பயனளியாது, வலியால் உறக்கம் கெட்டு நடையும் முடங்கும் நிலையில் மாற்று மூட்டுச் சத்திரசிகிச்சை வாழ்வை மீட்டுத் தருகின்றது. இங்கிலாந்தின் றைட்டிங்டன் வைத்தியசாலையில் 1962 இல் ஜோன் சாண்லி, உலோகப் பந்தையும் பொலித்தீன் கிண்ணத்தையும் கொண்டு அமைத்த இடுப்பு மூட்டே இன்றைய முறைகளுக்கு அடிப்படையாயிற்று. 2019 இல் வெளியான ஆய்வின்படி, மாற்று முழங்கால்களில் 10 இல் 8 அளவில் 25 ஆண்டுகள் நிலைத்திருக்கின்றன. இடுப்பு மூட்டுகளில் இது பாதியை விடச் சற்று அதிகமாகும்.

இச்சத்திரசிகிச்சைக்குப் பின் முழங்காலை முன்போல் முற்றாக மடக்க எதிர்பார்க்கலாகாது. நிலத்தில் சம்மணமிட்டு இருப்பதும், குந்தியிருப்பதும், முழந்தாளிடுவதும் பலருக்குக் கடினமாகவே இருக்கும். தொழுகையைக் கதிரையில் இருந்து நிறைவேற்ற வேண்டி வரலாம். இயலாதவர் இருந்து தொழ மார்க்கத்தில் சலுகை உண்டு. வீட்டு மலசலகூடத்தை உயரமான ஆசனமுடையதாக மாற்றும் செலவும் முன்கூட்டியே திட்டமிடப்பட வேண்டியது. கிருமித் தொற்று, காலில் குருதி உறைதல் ஆகியன அரிதாயினும் பாரதூரமானவை. சொத்தைப் பல், ஆறாத புண், கட்டுப்பாடற்ற நீரிழிவு ஆகியவற்றை முதலில் சீர்செய்வது இதனாலேயே. பின்னர் சில மாதங்கள் இயன்மருத்துவப் பயிற்சியைத் தவறாது செய்யாவிடின் நல்ல மூட்டும் இறுகிப்போகும்.

கேட்க வேண்டிய கேள்விகள்

எமது நாட்டின் அரசாங்க வைத்தியசாலைகளில் என்புமுறிவு, வாதநோய்ப் பிரிவுகளில் கட்டணமின்றி ஆலோசனை பெற முடியும். எந்தப் பரிசோதனைக்கும் சிகிச்சைக்கும் உடன்படுமுன் நோயாளர் வைத்தியரிடம் நான்கு கேள்விகளைக் கேட்கலாம். எனக்குள்ள நோயின் பெயர் என்ன? இப்பரிசோதனையின் முடிவு எனது சிகிச்சையை மாற்றுமா? இதனைச் செய்யாது விட்டால் என்ன நேரும்? இதனிலும் எளிய வழி உண்டா? இவ்வாறு கேட்பது வைத்தியரை அவமதிப்பதாகாது. கேள்வியை வரவேற்று விளக்கமளிப்பது அவரது கடமையுமாகும்.

ஓரிரு நாளில் சிவந்து வீங்கும் மூட்டுக்குத் தாமதம் கூடாது. ஆறு வாரங்களுக்கு மேல் நீடிக்கும் வீக்கத்தை அலட்சியம் செய்யலாகாது. ஆண்டுக்கணக்கில் தேய்ந்த மூட்டுக்கு அவசர முடிவு வேண்டியதில்லை. இம்மூன்றையும் பிரித்தறிந்து செயற்படுபவர் தமது நடையையும் பணத்தையும் ஒருங்கே காத்துக்கொள்வார்.