டேவிட் மார்ட்டினெஸ்: 2076-இல் செத்தவனும் 2077-இன் நினைவும்

முதலில் ஓர் எச்சரிக்கை. 'சைபர்பங்க்: எட்ஜ்ரன்னர்ஸ்' அனிமேயை இன்னும் பார்க்காதவர்கள் அதைப் பார்த்துவிட்டு வந்து படிப்பது நல்லது. மொத்தமே பத்து எபிசோடுதான், ஒரு ஞாயிற்றுக்கிழமை போதும். யார் சாகிறார்கள், யார் தப்பிக்கிறார்கள் என்பதெல்லாம் கீழே போட்டு உடைக்கப்படுகிறது. அப்புறம் திட்டக் கூடாது :-)

சரி, விஷயத்துக்கு வருவோம்.

'சைபர்பங்க் 2077' கேம் வெளிவந்தது 2020 டிசம்பர் 10. 'எட்ஜ்ரன்னர்ஸ்' அனிமே நெட்ஃபிளிக்ஸில் வந்தது 2022 செப்டம்பர் 13. ஆனால் அனிமேயின் கதை நடப்பது 2076-இல், கேமுக்கு ஏறக்குறைய ஒரு வருடம் முன்பு. அதாவது பிறந்த வரிசையில் தம்பி, கதை வரிசையில் அண்ணன். முன்கதை எழுதுகிற எல்லோருக்கும் வருகிற தலைவலி இதுதான். பின்னால் நடக்கப் போவதை ஏற்கெனவே எழுதி, அச்சடித்து, விற்றாகிவிட்டது. இந்த கேம் அந்த 2020 டிசம்பர் முடிவதற்குள்ளேயே 1 கோடியே 30 லட்சம் பிரதிகளுக்கு மேல் விற்றிருந்தது. அத்தனை பேர் 2077-ஐ வாழ்ந்து பார்த்துவிட்டார்கள். அவர்கள் பார்த்த எதையும் மாற்றாமல், அதற்கு முந்தைய வருடத்தில் ஒரு பெரிய கதையை நுழைக்க வேண்டும். எப்படி நுழைப்பது?

இதைப் புரிந்துகொள்ள நைட் சிட்டியின் சரித்திரத்தைக் கொஞ்சம் பார்த்துவிட வேண்டும். கலிபோர்னியா கடற்கரையில் இருப்பதாகச் சொல்லப்படும் இந்தக் கற்பனை நகரம் கம்ப்யூட்டரில் பிறக்கவில்லை. 1988-இல் மைக் பாண்ட்ஸ்மித் என்ற அமெரிக்கர் வெளியிட்ட 'சைபர்பங்க்' ஒரு மேசை விளையாட்டு. காகிதம், பென்சில், பகடை, நாலைந்து நண்பர்கள், அவ்வளவுதான். அதன் கதை நடந்த வருடம் 2013. 1990-இல் வந்த இரண்டாம் பதிப்பு கதையை 2020-க்குக் கொண்டுபோனது. அந்த இரண்டு வருடங்களையும் நாம் நிஜத்தில் கடந்து வந்துவிட்டோம் என்பது தனி வேடிக்கை.

அந்த மேசை விளையாட்டின் புத்தகங்களில்தான் அரசாகா, மிலிடெக் என்ற இரண்டு ராட்சச நிறுவனங்கள் போரில் இறங்குகின்றன. 2023-இல் அரசாகா கோபுரத்தில் அணுகுண்டு வெடிக்கிறது. ராக் பாடகன் ஜானி சில்வர்ஹேண்ட் அந்தத் தாக்குதலில் சாகிறான். அவனைக் கொல்வது ஆடம் ஸ்மாஷர். மனித உடம்பில் கொஞ்சமே மிச்சம் வைத்துக்கொண்டு மற்றதெல்லாம் இரும்பாகிப் போன ஓர் அடியாள். 2020 நவம்பரில் வந்த 'சைபர்பங்க் ரெட்' 2045-இல் நடக்கிறது. அதற்கு அடுத்த மாதமே போலந்து நாட்டு சிடி ப்ராஜெக்ட் ரெட் நிறுவனத்தின் கேம் 2077-க்குத் தாவியது. கேமில் ஐம்பது வருடத்துக்கு மேல் கழித்து ஜானி ஒரு சிப்புக்குள் இருந்து எழுந்து, 'வி' என்ற கூலிப்படை ஆளின் மண்டைக்குள் குடியேறுகிறான். ஸ்மாஷர்? அப்போதும் அரசாகாவில்தான் வேலை!

இதில்தான் முன்கதையின் முதல் முடிச்சு விழுகிறது. ஸ்மாஷர் 2077-இல் உயிரோடு இருக்கிறான். ஆகவே 2076-இல் அவனோடு மோதுகிற யாரும் ஜெயிக்கவே முடியாது. கேம் விளையாடியவர்கள் அனிமேயின் கடைசியில் அவன் முகத்தைப் பார்த்த வினாடியே கதை முடிந்துவிட்டது என்று தெரிந்துகொண்டார்கள். விளையாடாதவர்களுக்கு அவன் இன்னொரு வில்லன், டேவிட் எப்படியாவது சமாளிப்பான் என்ற நம்பிக்கை அவர்களுக்கு இருந்தது. ஒரே காட்சியை இரண்டு விதமான ஆட்கள் இரண்டு விதமாகப் பார்த்திருக்கிறார்கள். ஒரு பக்கம் பதைபதைப்பு, இன்னொரு பக்கம் ஏற்கெனவே துக்கம்.

கதையைச் சுருக்கமாகச் சொன்னால்: டேவிட் மார்ட்டினெஸ் பதினேழு வயதுப் பையன். அம்மா குளோரியா அவசர மருத்துவ ஊழியர். ராப்பகலாக உழைத்து மகனை அரசாகா அகாடமியில் படிக்க வைக்கிறாள். பணக்காரப் பிள்ளைகள் நடுவில் அவன் ஒருவன்தான் ஏழை. நடுரோட்டில் நடந்த கும்பல் சண்டைக்கு நடுவே மாட்டி அம்மா சாகிறாள். அவள் ஒளித்து வைத்திருந்த ராணுவ இம்ப்ளாண்ட், சாண்டெவிஸ்டான் என்ற முதுகெலும்புக் கருவி, மகன் கைக்கு வருகிறது. அதைப் பொருத்திக்கொண்டால் உலகமே நின்றுபோனது மாதிரி வேகமாக ஓடலாம். லூசி என்ற பெண்ணோடு பழக்கம், மெயின் என்பவனின் கூலிப்படையில் வேலை, மெயின் பைத்தியம் பிடித்துச் சாகிறான், டேவிட் தலைவனாகிறான். கடைசியில் லூசியை மீட்க அரசாகா கோபுரத்துக்கே போகிறான். ஸ்மாஷர் கையில் ரெபெக்காவும் டேவிட்டும் சாகிறார்கள். லூசி தப்பித்து நிலவுக்குப் போகிறாள்.

இப்போது இரண்டாவது முடிச்சு. நகரத்தின் நட்ட நடுவில் ஒருவன் இவ்வளவு பெரிய சண்டை போட்டுச் செத்திருக்கிறான். அடுத்த வருடம் அதே தெருவில் வி நடந்து போகிறான். முக்கியக் கதையில் டேவிட்டைப் பற்றி யாரும் உட்கார்ந்து பேசுவதில்லை. காரணம் எல்லோருக்கும் தெரியும். 2020-இல் கேம் முடிந்துவிட்டது, அனிமே பிறகு வந்தது. ஆனால் கதைக்குள் அதற்கு ஒரு காரணம் வேண்டுமே?

பெரும்பாலான முன்கதைகள் இங்கேதான் சறுக்கும். "இந்த ரகசியம் யாருக்கும் தெரியாது" என்று ஒரு வசனம் வைத்துத் தப்பித்துக்கொள்வார்கள். எட்ஜ்ரன்னர்ஸ் அப்படிச் செய்யவில்லை. நைட் சிட்டி ஏற்கெனவே மறக்கிற நகரம். அந்த மறதியையே கதையின் நடுக்கம்பமாக நட்டுவிட்டார்கள். டேவிட் மாதிரி மேலே ஏறி விழுந்தவர்கள் அங்கே நூற்றுக்கணக்கில் இருக்கிறார்கள். அடுத்த வாரம் இன்னொருவன் வருவான். கேமில் ஆஃப்டர்லைஃப் என்று ஒரு மதுக்கூடம் வரும். பழைய பிணவறையை மாற்றிக் கட்டியது! பெயர் வாங்கிச் செத்த கூலிப்படையினரின் பெயரில் அங்கே பானம் விற்பார்கள். டேவிட் மார்ட்டினெஸ் பெயரிலும் ஒன்று உண்டு. ஜானி சில்வர்ஹேண்ட் பெயரிலும் உண்டு. குடிப்பவர்களுக்குப் பெயர் தெரியும், ஆளைத் தெரியாது. நினைவுச் சின்னம் என்றால் அந்த ஊரில் அவ்வளவுதான்.

கேமின் ஆரம்பத்தில் டெக்ஸ் என்ற தரகன் வியிடம் ஒரு கேள்வி கேட்பான். அமைதியாகப் பல வருடம் வாழ ஆசையா, கொழுந்துவிட்டு எரிந்து பெயர் வாங்கிச் சாக ஆசையா என்பது அதன் சாரம். 2020-இல் விளையாடியபோது அது வெறும் வீர வசனம். அனிமே பார்த்துவிட்டு மறுபடி அந்த இடத்துக்கு வந்தால் கதையே வேறு. ஒரு வருடத்துக்கு முன்பு ஒரு பையன் இதற்குப் பதில் சொல்லிவிட்டுப் போயிருக்கிறான். முன்கதை என்றால் இப்படி இருக்க வேண்டும். பின்கதையில் ஒரு எழுத்தைக்கூடத் தொடாமல் அதன் அர்த்தத்தை மாற்றிவிட்டது.

மூன்றாவது முடிச்சு இன்னும் சுவாரசியமானது, பலர் கவனிக்காதது. பழைய மேசை விளையாட்டில் ஒரு விதி உண்டு. உடம்பில் ஒவ்வொரு இயந்திரம் பொருத்தும்போதும் மனிதத்தன்மைப் புள்ளிகள் குறையும். பிறர் துயரத்தை உணர்கிற தன்மை பூஜ்ஜியத்தைத் தொட்டால் அந்தப் பாத்திரம் உங்கள் கையை விட்டுப் போய்விடும். ஆட்டத்தை நடத்துபவர் அதை எடுத்துக்கொள்வார். அதற்குப் பெயர் சைபர்சைக்கோசிஸ். 2077 கேமில் இந்த நோய் இருக்கிறது, ஆனால் மற்றவர்களுக்கு மட்டும்தான்! ரெஜினா ஜோன்ஸ் என்பவர் கொடுக்கிற வேலையாகப் பதினேழு சைபர்சைக்கோக்களை வி போய் அடக்க வேண்டும். ஆனால் வி தன் உடம்பில் எத்தனை இரும்பை ஏற்றினாலும் இந்த நோய் வராது. விளையாடுகிறவர் கையிலிருந்து பாத்திரத்தைப் பிடுங்க கம்பெனிக்கு மனசு வரவில்லை போலும்.

அனிமே அந்த விதியைத் தூசி தட்டி எடுத்தது. மெயின் கை நடுங்குவதும், கண்ணெதிரே இல்லாத பாலைவனத்தைப் பார்ப்பதும், பிறகு அதே நடுக்கம் டேவிட்டின் கைக்கு வருவதும் 1988 தொட்டு வருகிற அந்தப் பகடை விதியின் சித்திரம்தான். "எனக்கு ஒன்றும் ஆகாது, நான் தனி ரகம்" என்று டேவிட் நம்புகிறான். அந்த நம்பிக்கை கேம் விளையாடிய ஒவ்வொருவரிடமும் இருந்ததுதான்; அவர்களுக்கு உண்மையிலேயே ஒன்றும் ஆகவில்லை. அவனுக்கு ஆனது.

எல்லாம் சரியாகப் பொருந்திவிட்டது என்றும் சொல்ல முடியாது. கடைசியில் டேவிட் அணிகிற 'சைபர்ஸ்கெலிட்டன்' என்ற ராட்சசக் கூடு இருக்கிறதே, அதுதான் பலவீனமான தையல். புவியீர்ப்பையே வளைத்து வண்டிகளை நசுக்குகிற ஆயுதம் 2076-இல் அரசாகா கையில் இருந்தால், 2077-இல் வி அதே கோபுரத்தைத் தாக்கும்போது அது எங்கே போனது? சோதனை மாதிரி, அழிந்துபோனது என்று சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். திருப்தியான சமாதானம் இல்லை.

இயக்குநர் ஹிரோயுகி இமாய்ஷியும் ட்ரிக்கர் ஸ்டுடியோவும் ஊரை மட்டும் அப்படியே வைத்திருந்தார்கள். தெரு, விளம்பரப் பலகை, கேமில் வருகிற அதே தொலைபேசி மணிச் சத்தம்கூட. கேம் விளையாடியவர்கள் அனிமே பார்க்கும்போது அந்த மணி அடித்ததும் தன்னையறியாமல் பட்டனைத் தேடியிருப்பார்கள்.

இனி தலைகீழ்க் கதை. வழக்கமாக முன்கதைதான் மூலக்கதைக்கு அடங்கி நடக்கும். இங்கே மூலம் முன்கதைக்கு வழிவிட்டது. அதற்குப் பின்னால் கம்பெனியின் கஷ்டமும் இருந்தது. 2020-இல் கேம் வெளிவந்தபோது பழைய பிளேஸ்டேஷன் 4-இல் ஓடவே திணறியது. ஒரே வாரத்தில் சோனி தன் இணையக் கடையிலிருந்தே அதைத் தூக்கியது, 2021 ஜூனில்தான் திரும்பச் சேர்த்தது. போன மானத்தை மீட்க ஒரு வழி தேவைப்பட்டது. அனிமே வருவதற்கு ஒரு வாரம் முன்பு, 2022 செப்டம்பர் 6 அன்று, 1.6 அப்டேட் வந்தது. ஒரு பிரெய்ன்டான்ஸ் பதிவைத் தேடிப் போகிற சின்ன வேலையை முடித்தால் டேவிட்டின் மஞ்சள் ஜாக்கெட் கிடைக்கும். அது முதலில் அவன் அம்மாவின் ஜாக்கெட் என்பது அனிமே பார்த்தால்தான் தெரியும். ரெபெக்காவின் துப்பாக்கியும் கேமுக்குள் வந்தது. கடையில் விற்கவில்லை, யாரும் பரிசாகக் கொடுக்கவில்லை. அரசாகா கோபுரத்தின் எதிரே, அவள் நசுங்கிச் செத்த கார்ப்போ பிளாசா ரவுண்டானாவில், செடிகளுக்கு நடுவே கிடக்கும். யாராவது எடுத்தால்தான் உண்டு.

அனிமே வந்த சில நாட்களில் தினமும் பத்து லட்சம் பேர் கேமுக்குள் வர ஆரம்பித்தார்கள். அதே மாதம் மொத்த விற்பனை 2 கோடியைத் தாண்டியதாக அறிவித்தார்கள். பாட்டு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். டேவிட்–லூசி காட்சிகளில் வருகிற ரோசா வால்டனின் பாட்டு அனிமேக்காக எழுதப்பட்டதல்ல. 2020-இலிருந்தே கேமின் கார் ரேடியோவில் ஓடிக்கொண்டிருந்ததுதான். அப்போது வண்டி ஓட்டும்போது கேட்டு மறந்த பாட்டு. இப்போது அது வந்தால் ஓரமாக வண்டியை நிறுத்துகிறார்கள்!

2023 செப்டம்பரில் 2.0 அப்டேட் வந்தபோது மாற்றம் இன்னும் ஆழமாகப் போனது. இம்ப்ளாண்ட்களுக்கு உடம்பில் இவ்வளவுதான் என்று ஒரு வரம்பு வந்தது. 'எட்ஜ்ரன்னர்' என்ற திறனை எடுத்தால் அந்த வரம்பை மீறலாம், ஆனால் ஆயுள் அளவு குறையும், சண்டையில் வெறி பிடிக்கும். மெயினுக்கும் டேவிட்டுக்கும் நடந்தது சிறிய அளவில் வியின் உடம்புக்கும் வந்துவிட்டது. ஸ்மாஷரும் மாறினான். 2020-இல் அவனோடு போட்ட சண்டை சப்பென்று இருந்ததாகப் பலர் குறைப்பட்டார்கள். அனிமேயில் டேவிட்டின் வேகத்துக்கு ஈடு கொடுத்த அதே சாண்டெவிஸ்டான் 2.0-இல் அவனிடம் வந்தது. தோற்றுக் கிடக்கும் ஸ்மாஷரைக் கொல்லாமல் விட்டுப் போகவும் கேமில் வழி உண்டு. எட்ஜ்ரன்னர்ஸ் பார்த்தவர்கள் எத்தனை பேர் விட்டிருப்பார்கள் என்று சொல்லத் தேவையில்லை.

2024-இல் டேவிட்டின் 2076-ஐ வைத்து மேசை விளையாட்டுக்கே ஒரு தொகுப்பு வந்தது. பகடையில் பிறந்த ஊர் சுற்றிவிட்டுப் பகடைக்கே திரும்பிய மாதிரி. 2025 ஜூலையில் 'எட்ஜ்ரன்னர்ஸ் 2' அறிவிக்கப்பட்டபோது, அது தனிக்கதை என்று சொல்லிவிட்டார்கள். டேவிட் திரும்பி வர மாட்டான், வரவும் கூடாது. லூசி நிலவில் இறங்கி வெயிலில் நிற்கிறாள். பக்கத்தில் அவன் நிற்பது போல ஒரு கணம் தெரிகிறது, பிறகு இல்லை. கீழே நைட் சிட்டியில் வி என்ற புது ஆளுக்கு முதல் போன் வந்துகொண்டிருக்கும்.