குருதி உறைவெதிர்ப்பி

இரத்தக் குழாய்களிலும் இருதய அறைகளிலும் இரத்தம் அநாவசியமாகக் கட்டிக்கொள்ளாதவாறு தடுக்கும் ஔஷத வகை. ‘இரத்தத்தை இளக்கும் மாத்திரை’ என்று ஜனங்கள் இதனை வழங்கினும், இது இரத்தத்தை நீர்க்கச் செய்வதன்று; உறைதலுக்குக் காரணமான புரதங்களின் உற்பத்தியையோ செயலையோ மட்டுமே தடுப்பது. ஊசிவழிச் செலுத்தும் ஹெப்பாரின் 1916-இல் நாயின் ஈரலினின்று கண்டறியப்பட்டது. வாய்வழி உட்கொள்ளும் வார்ஃபரினோ 1948-இல் எலிப் பாஷாணமாகச் சந்தைக்கு வந்து, பின்னரே மனிதருக்கு மருந்தாயிற்று என்பது விசித்திரமே.

பால்யத்தில் கண்ட வாதக் காய்ச்சலால் இருதய வால்வு பழுதுற்று, 1990-இல் திருவனந்தபுரத்தில் முதன்முதலாகப் பொருத்தப்பட்ட சித்ரா வால்வு போன்ற உலோகச் செயற்கை வால்வைத் தாங்கியவர், எடப்பாடியில் தறி ஓட்டுபவராயினும் சரி, பூலாம்பட்டிப் பக்கம் வெள்ளாமை செய்பவராயினும் சரி, ஆயுள் முழுவதும் வார்ஃபரின் மாத்திரையை விடலாகாது. இரத்தம் உறையும் நேரத்தைக் காட்டும் ஐ.என்.ஆர். என்னும் பரிசோதனை எண் சாதாரணமாக 2 முதல் 3 வரையிலும், சில வால்வுகளுக்குச் சற்று மிகுந்தும் இருத்தல் வேண்டும். குறைந்தால் இரத்தக்கட்டும், மிகுந்தால் இரத்தக்கசிவும் நேரும். வார்ஃபரின், வைட்டமின் ‘கே’யின் செயலைத் தடுப்பதாகலின், அச்சத்து நிறைந்த முருங்கைக்கீரையை ஒரு வாரம் நாள்தோறும் பொரியலாக உண்டு, மறுவாரம் அறவே விடுத்தால் எண் தடுமாறும். கீரையை விலக்கச் சொல்வது மிகையான எச்சரிக்கை. அளவு மாறாதிருத்தலே பிரதானம். ஈறு கசிதலும் மலம் கருத்தலும் அபாயக் குறிகள். கடையில் வலி மாத்திரை வாங்குமுன்னும், பல் பிடுங்குமுன்னும், இம்மருந்து உண்பதை வைத்தியரிடம் சொல்லிவிடுக.