1,700 வருடம் சாப்பிட்டார்கள்... பிறப்பிடம் மட்டும் தெரியவில்லை!

ஜெல்லிமீன் என்றதும் நம் ஊரில் பலருக்கும் நினைவுக்கு வருவது கடற்கரையில் ஒதுங்கிக் கிடக்கும் கொழகொழ உருண்டைதான். சொறிமுட்டை, சொறிமீன், இழுதுமீன் என்று தமிழில் அதற்குப் பல பெயர்கள். தொட்டால் அரிக்கும், வலையில் சிக்கினால் வேலை கெடும். அதைச் சாப்பிடுவார்கள் என்று சொன்னால் முகம் சுளிப்பவர்களே அதிகம்.

ஆனால் சீனாவில் கல்யாண விருந்துகளில் முதலில் வைக்கும் குளிர்ந்த பதார்த்தங்களில் இதுவும் ஒன்று. மெல்லிய கீற்றுகளாக நறுக்கி, வினிகரும் நல்லெண்ணெயும் கலந்து வைப்பார்கள். தனி ருசி என்று பெரிதாக எதுவும் கிடையாது. கடிக்கும்போது வரும் 'நறுக்' சத்தத்துக்காகவே சாப்பிடுகிறார்கள்.

இந்த உணவின் வரலாற்றில் ஒரு வேடிக்கை இருக்கிறது. சுமார் 1,700 வருடங்களாகச் சாப்பிடப்பட்ட இந்த உயிரினம் எங்கே, எப்படிப் பிறக்கிறது என்பது 1981 வரை சரியாகத் தெரியாது!

கண் இல்லாத மீனும் கண்ணாக வந்த இறாலும்

கி.பி. 3-ம் நூற்றாண்டில் சீனாவில் வாழ்ந்த சாங் ஹுவா என்ற அறிஞர், உலகத்து விநோதங்களைத் தொகுத்து 'போவூசி' என்ற நூலை எழுதினார். அதில் கிழக்குக் கடலில் வாழும் ஒரு பிராணியைப் பற்றிய குறிப்பு வருகிறது. பார்க்க உறைந்த ரத்தம் போல இருக்குமாம். தலை, கண், குடல் எதுவும் கிடையாதாம். இறால்கள் கூட்டமாக ஒட்டிக்கொண்டு கூடவே போகுமாம். மக்கள் அதை வேகவைத்துச் சாப்பிடுவார்கள் என்றும் எழுதியிருக்கிறார்.

இந்த இறால் விஷயம் பிற்காலத்தில் ஒரு நம்பிக்கையாகவே வளர்ந்துவிட்டது. ஜெல்லிமீனுக்குக் கண் இல்லை, அதனால் இறாலைக் கண்ணாக வைத்துக்கொள்கிறது என்றார்கள். சீன மொழியில் அது பழமொழியாகவும் ஆனது. ஜெல்லிமீனின் குடைக்கு அடியில் சிறு இறால்கள் ஒண்டி வாழ்வது உண்மைதான். ஆனால் வழி காட்டுவதற்காக இல்லை, பாதுகாப்புக்காக. வெளிச்சத்தை உணரவும் சாய்வை உணரவும் ஜெல்லிமீனின் குடை ஓரத்திலேயே சிறிய உறுப்புகள் இருக்கின்றன. மூளை மட்டும் கிடையாது.

சீனக்காரம் செய்த மாயம்

பிடித்த ஜெல்லிமீனில் சுமார் 95 சதவீதம் தண்ணீர். கரைக்கு வந்த சில மணி நேரத்திலேயே கெடத் தொடங்கிவிடும். வெயிலில் காயவைத்தால் கருவாடு ஆகாது, ஒன்றுமே மிஞ்சாது!

இதற்குச் சீனர்கள் கண்டுபிடித்த வழி உப்பும் படிகாரமும். தமிழில் படிகாரத்துக்குச் 'சீனக்காரம்' என்றும் ஒரு பெயர் உண்டு. குடையையும் கீழே தொங்கும் கைகளையும் தனித்தனியாக வெட்டி, கழுவி, உப்பும் படிகாரமும் கலந்து அடுக்குகிறார்கள். சில நாள் கழித்து எடுத்து மறுபடியும் புதிய கலவையில் அடுக்குகிறார்கள். பிறகு மூன்றாவது முறை. உப்பு தண்ணீரை வெளியே இழுக்கிறது. படிகாரம் சதையை இறுக்கி, அந்த 'நறுக்' தன்மையைக் கொடுக்கிறது. மொத்தம் 20 முதல் 40 நாள் வேலை. முடிவில் 100 கிலோவில் மிஞ்சுவது 7 முதல் 10 கிலோ வரைதான்.

எவ்வளவு உப்பு, எவ்வளவு படிகாரம் என்பதை அன்றைய வானிலையையும் சரக்கையும் பார்த்து ஒரு அனுபவசாலி முடிவு செய்வார். தென்கிழக்கு ஆசியத் தொழிற்கூடங்களில் அவர்தான் 'மாஸ்டர்'. அவர் கணக்கு தப்பினால் மொத்தச் சரக்கும் வீண். சாப்பிடுவதற்கு முன் இரவு முழுக்கத் தண்ணீரில் ஊறவைத்து உப்பை எடுத்துவிடுவார்கள். படிகாரத்தில் உள்ள அலுமினியம் உணவில் தங்கிவிடுகிறதே என்ற கவலை இன்று எழுந்திருப்பதும் உண்மை.

ஆக, பிடிக்கத் தெரியும், பதப்படுத்தத் தெரியும், சமைக்கத் தெரியும். ஒன்றுதான் தெரியாது. ஒரு வருடம் கடல் நிறைய வரும், அடுத்த வருடம் காணாமல் போகும். ஏன்?

ஒரே உயிருக்கு இரண்டு பெயர்

விடையின் முதல் பாதி சீனாவிலிருந்து வெகுதூரத்தில், நார்வேயில் கிடைத்தது. மைக்கேல் சார்ஸ் என்பவர் 1829-ல் கடலிலிருந்து இரண்டு நுண்ணிய பிராணிகளை எடுத்து விவரித்தார். ஒன்று பாறையில் ஒட்டிக்கொண்டு பூ போல விரிந்திருந்தது. மற்றொன்று தட்டுகளை ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கியது போல இருந்தது. இரண்டும் வேறு வேறு என்று நினைத்து இரண்டு பெயர்களும் வைத்துவிட்டார்.

பிறகு பாதிரியாராக வேலை பார்த்துக்கொண்டே ஆராய்ச்சியைத் தொடர்ந்தார். அப்போதுதான் உண்மை புரிந்தது. பூ போன்றதே வளர்ந்து தட்டு அடுக்காகிறது. ஒவ்வொரு தட்டும் பிரிந்து நீந்திப் போய் ஜெல்லிமீன் ஆகிறது! 1841-ல் இதை முழுமையாக வெளியிட்டார். தாயும் பிள்ளையும் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத உருவத்தில் இருப்பதை உலகம் நம்பவே கொஞ்ச காலம் ஆனது.

ஆனால் அவர் பார்த்தது ஐரோப்பியக் கடலில் இருந்த வேறு வகைகளை. சீனர்கள் அதிகம் விரும்பிச் சாப்பிடும் வகைக்கு ஜப்பானிய விஞ்ஞானி கிஷினோயே 1891-ல் 'ரோபிலீமா எஸ்குலென்டம்' என்று பெயர் வைத்தார். எஸ்குலென்டம் என்றால் லத்தீனில் 'உண்ணத்தக்கது'. பெயரிலேயே சாப்பாடு இருந்தும், அதன் வாழ்க்கைச் சுழற்சியை யாரும் முழுதாகப் பார்த்திருக்கவில்லை.

1981: புதிர் அவிழ்ந்தது

வடகிழக்குச் சீனாவின் லியாவ்டோங் வளைகுடா இந்த வகைக்குப் பெயர் பெற்ற இடம். அங்கே படகுகள் பெருகப் பெருக, வரத்து ஏறியும் இறங்கியும் மீனவர்களை அலைக்கழித்தது. இந்த நிலையில் டிங் கெங்வூ, சென் ஜியேகாங் என்ற இரண்டு ஆய்வாளர்கள் ஆய்வுக்கூடத்திலேயே முட்டையிலிருந்து முழு ஜெல்லிமீன் வரை வளர்த்துப் பார்த்து, 1981-ல் கட்டுரை வெளியிட்டார்கள். சார்ஸின் கண்டுபிடிப்புக்குச் சரியாக 140 வருடம் கழித்து!

கதை இதுதான். ஆணும் பெண்ணும் தனித்தனி. கருவுற்ற முட்டையிலிருந்து கண்ணுக்குத் தெரியாத லார்வா வருகிறது. அது ஏதாவது ஒரு பரப்பில் ஒட்டிக்கொண்டு, ஒன்றிரண்டு மில்லிமீட்டர் உயரமுள்ள 'பாலிப்' ஆகிறது. இலையுதிர் காலத்தில் பெரிய ஜெல்லிமீன்கள் எல்லாம் செத்துப்போகும். ஆனால் பாலிப் குளிர்காலம் முழுவதும் காத்திருக்கும். வசந்தத்தில் தண்ணீர் சூடானதும் தட்டுகளாகப் பிரிந்து குஞ்சுகளை விடும். சில மில்லிமீட்டர் குஞ்சு இரண்டு மூன்று மாதத்தில் 30 சென்டிமீட்டருக்கு மேல் வளர்ந்துவிடும்.

மீனவர்களை அலைக்கழித்த புதிரின் சாவி இதில் இருந்தது. கோடையில் வலையில் விழுவது எவ்வளவு என்பது, அதற்கு முந்தைய குளிர்காலத்தில் யாரும் பார்க்காத அந்தப் பாலிப்புகள் எத்தனை பிழைத்தன என்பதைப் பொறுத்தது.

பிடிப்பதிலிருந்து விதைப்பதற்கு

பாலிப்பைத் தொட்டியில் வைத்திருக்க முடியும் என்று தெரிந்ததும் கணக்கே மாறியது. பிளாஸ்டிக் தகடுகளில் பாலிப்புகளை ஒட்டவைத்து, குளிர்காலத்தைக் கடத்தி, தேவையான நேரத்தில் தண்ணீரைச் சூடாக்கினால் குஞ்சுகள் தயார். உணவுக்கு ஆர்ட்டிமியா போன்ற நுண்ணுயிர்கள்.

1984-ல் குஞ்சுகளைக் கடலில் விட்டுப் பார்க்கும் சோதனைகள் தொடங்கின. 2005 முதல் லியாவ்டோங் வளைகுடாவில் ஒரு சென்டிமீட்டர் அளவுள்ள குஞ்சுகள் கோடிக்கணக்கில் விடப்பட்டன. அவற்றில் மிகச் சிறிய பங்குதான் வலைக்குத் திரும்பியது. ஆனாலும் ஒரு குஞ்சு வளர்க்க ஆகும் செலவு மிகக் குறைவு என்பதால் லாபமே.

ஆனால் இங்கே ஒரு சிக்கல். விதைத்தது அரசு, அறுப்பது யார் வேண்டுமானாலும். கடலில் நீந்தும் ஜெல்லிமீனில் யார் பெயரும் எழுதியிருப்பதில்லை. அதனால் தடைக்காலம் முடியும் நாளில் எல்லாப் படகும் ஒரே நேரத்தில் பாய்ந்தன. பொறுமையாக இன்னும் வளரவிட்டால் எல்லோருக்கும் நல்லது, ஆனால் பொறுத்தவனுக்கு ஒன்றும் மிஞ்சாது. பொருளாதாரப் பாடத்தில் பொதுச் சொத்தின் பிரச்சனை என்று படிப்பது இதைத்தான்.

இதற்கு இன்னொரு விடை குளத்தில் கிடைத்தது. 1993-ல் வெள்ளைப்புள்ளி நோய் சீனாவின் இறால் பண்ணைகளைச் சாய்த்தது. இறாலை மட்டுமே நம்பியிருந்தவர்கள் வேறு வழி தேடினார்கள். கடலோரக் குளங்களில் ஜெல்லிமீன் வளர்ப்பு பரவியது இதற்குப் பிறகுதான். கரையில் மோதிச் சிதையாமல் இருக்க ஓரத்தில் வலை கட்டி, கடல்நீரை மாற்றிக்கொண்டே இருந்தால் போதும். ஒரே குளத்தில் மேலே ஜெல்லிமீன், நடுவில் மீனும் இறாலும், அடியில் சேற்றுச் சிப்பி! ஒன்று போனாலும் மற்றொன்று கைகொடுக்கும்.

நம் கடலில்?

1970-களில் ஜப்பானிய வியாபாரிகள் தென்கிழக்கு ஆசியாவில் சரக்கு தேடியதால் தாய்லாந்து, மலேசியா, இந்தோனேசியா என்று இந்தத் தொழில் பரவியது. 1980-களில் அது சென்னைக் கரைக்கும் வந்தது. இங்கே பிடிபடுவது வேறு வகை, 'கிராம்பியோனெல்லா'. உப்பும் படிகாரமும் போட்டு ஏற்றுமதி செய்கிறார்கள், உள்ளூரில் வாங்கிச் சாப்பிடுவோர் இல்லை. கல்பாக்கம் அணுமின் நிலையத்தில் கடல்நீர் எடுக்கும் வழியை ஜெல்லிமீன் அடைத்துக்கொண்டு தொல்லை தந்ததும் உண்டு. ஒருவருக்கு வரவு, இன்னொருவருக்குச் செலவு!

ஆர்டர் வந்தால் நாலு காசு, வராவிட்டால் பழையபடி 'சொறி' என்று கடலிலேயே உதறிவிடுவது. நம் மீனவர்களின் நிலை இதுதான். லியாவ்டோங் மீனவர்களும் பல நூறு வருடம் வருவதை மட்டுமே பிடித்தவர்கள்தான். அவர்கள் தொழிலை மாற்றியது பெரிய படகோ பெரிய வலையோ கிடையாது. ஒன்றிரண்டு மில்லிமீட்டர் உயரத்தில், யார் கண்ணிலும் படாமல் குளிர்காலத்தைக் கடந்த அந்தப் பாலிப்பை இரண்டு பேர் பொறுமையாக உட்கார்ந்து பார்த்ததுதான்.