டொயோட்டா செஞ்சுரி: பின்னிருக்கைக்கென்று ஒரு கார்

டொயோட்டா செஞ்சுரி, 1967-இல் ஜப்பானில் விற்பனைக்கு வந்த பெரிய செடான் கார். ஜப்பானில் சாதாரணக் கார்கள் நாலைந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை அடியோடு மாறிவிடும். செஞ்சுரியோ அரை நூற்றாண்டைத் தாண்டியும் மூன்று தலைமுறைகளையே கண்டிருக்கிறது. பேரரசர் குடும்பம், பிரதமர்கள், பெருநிறுவனத் தலைவர்கள், மாகாண ஆளுநர்கள் ஆகியோர் பயணிக்கும் வண்டி இது. அவர்கள் யாரும் இதை ஓட்டுவதில்லை. சம்பளத்துக்கு அமர்த்திய ஓட்டுநர் ஓட்ட, பின்னால் அமர்ந்து வருவார்கள். இந்தக் காரின் எஞ்சின் முதல் இருக்கைத் துணி வரை எடுக்கப்பட்ட முடிவுகளுக்கெல்லாம் காரணம் அந்தப் பின்னிருக்கைதான்.

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய ஜப்பானில் பெரிய மனிதர்களின் வாகனம் என்றால் அமெரிக்கக் காரையே குறிக்கும். உள்நாட்டில் செய்யப்பட்ட கார்கள் சிறியவை. சாலைகள் குறுகியவை, வாகன வரியும் பெரிய கார்களுக்கு எதிராகவே இருந்தது. 1955-இல் வெளிவந்த டொயோட்டா கிரவுன்கூட வாடகைக் கார்களாகவும் நடுத்தர அலுவலர்களின் வண்டியாகவும்தான் அதிகம் ஓடியது. 1965 அக்டோபரில் கார் இறக்குமதிக்கு இருந்த கட்டுப்பாடு தளரப் போகிறது என்ற நிலையில், உயர்மட்ட வாடிக்கையாளரை வெளிநாட்டுக் கார்களிடம் இழந்துவிடக் கூடாது என்ற கவலை ஜப்பானிய நிறுவனங்களைப் பிடித்துக்கொண்டது. 1964-இல் டொயோட்டா ‘கிரவுன் எய்ட்’ காரைக் கொண்டுவந்தது. வழக்கமான கிரவுனை 15 செ.மீ. அகலப்படுத்தி, 2.6 லிட்டர் வி-8 எஞ்சினைப் பொருத்திய வண்டி அது. ஜப்பானில் தொழிற்சாலை உற்பத்திக்கு வந்த முதல் வி-8 எஞ்சின் அதுதான், அலுமினியத்தில் வார்க்கப்பட்டது. ஆனால் பார்ப்பவர் கண்ணுக்கு அது கிரவுனாகவே தெரிந்தது. மறு ஆண்டு நிஸ்ஸான் நிறுவனம் ‘பிரெசிடென்ட்’ என்ற தனிப் பெருங்காரை இறக்கியது. அதில் 4 லிட்டர் வி-8 இருந்தது. டொயோட்டாவுக்கு, வேறெந்த வண்டியின் சாயலும் இல்லாத ஒரு கார் தேவைப்பட்டது.

அந்தக் காருக்கு ‘செஞ்சுரி’ என்று பெயர் வைத்ததற்குக் காரணம் உண்டு. டொயோட்டா குழுமத்தின் மூலவரான சாக்கிச்சி டொயோடா 1867-இல் பிறந்தவர். 1967 அவருடைய நூற்றாண்டு. அவர் கார் செய்தவர் அல்லர், தறி செய்தவர். நூல் அறுந்த கணமே தானாக நின்றுவிடும் தானியங்கித் தறிதான் அவர் பெயரை உலகறியச் செய்தது. 1929-இல் அதன் காப்புரிமையை இங்கிலாந்தின் பிளாட் பிரதர்ஸ் நிறுவனம் ஒரு லட்சம் பவுண்டுக்கு வாங்க ஒப்புக்கொண்டது. சாக்கிச்சியின் மகன் கீச்சிரோ 1933-இல் தறித் தொழிற்சாலைக்குள்ளேயே மோட்டார் பிரிவைத் தொடங்கினார். 1937-இல் அது தனி நிறுவனமானது.

முதல் செஞ்சுரியின் நீளம் 4,980 மி.மீ., அகலம் 1,890 மி.மீ. கிரவுன் எய்ட்டின் வி-8 எஞ்சினையே 3 லிட்டராகப் பெரிதாக்கினார்கள். திறன் 150 குதிரைத்திறன். முன்சக்கரங்களுக்கு, ஜப்பானியக் கார்களில் முதன்முறையாக, ஏர் சஸ்பென்ஷன் தரப்பட்டது. எஃகுச் சுருள் சுமைக்கேற்ப அமுங்கும். காற்றுப் பை அடைத்த காற்றின் அழுத்தத்தால் சுமையைத் தாங்கும், சிறு அதிர்வுகளை இருக்கைக்கு வரவிடாது. வேகமாக வளைவுகளில் திரும்ப வேண்டிய காருக்கு இது அவசியமில்லை. மடியில் கோப்பை விரித்துப் படித்துக்கொண்டு வருபவருக்கு இது பெரிய வசதி.

வெளித்தோற்றம் நேர்க்கோடுகளால் ஆனது. முன்கிரில்லில் டொயோட்டா என்ற பெயரோ நிறுவன முத்திரையோ கிடையாது. கிழக்காசிய மரபில் நல்லாட்சியின் அடையாளமாகக் கருதப்படும் ஹோஓ பறவை மட்டும் சிறகு விரித்து நிற்கும். யார் செய்த கார் என்று எழுதாமலேயே விற்க முடிந்த கார் இது. அந்தத் துணிவு வேறு நிறுவனங்களிடம் அரிது.

இந்த முதல் உருவம் 30 ஆண்டுகள் நீடித்தது. அதற்காகத் தூங்கிக் கிடக்கவில்லை. 1973-இல் எஞ்சின் 3.4 லிட்டரானது, முன்சக்கரங்களுக்கு டிஸ்க் பிரேக் வந்தது. எழுபதுகளில் புகைக் கட்டுப்பாட்டுச் சட்டங்கள் கடுமையானபோது அதற்கேற்ப எஞ்சின் திருத்தப்பட்டது. 1982-இல் 4 லிட்டர் எஞ்சினும் பெட்ரோலைப் பீய்ச்சும் மின்னணு முறையும் வந்தன. வெளித்தகடுகளும் அப்போது புதுப்பிக்கப்பட்டன. ஆனால் சாலையில் போகும் ஒருவர் 1970-ஆம் ஆண்டு வண்டியையும் 1990-ஆம் ஆண்டு வண்டியையும் பார்த்தால் அண்ணன் தம்பி என்றுதான் நினைப்பார். வாடிக்கையாளருக்கும் அது பிடித்திருந்தது. வங்கித் தலைவருக்கோ அமைச்சருக்கோ, போன ஆண்டு வாங்கிய கார் இந்த ஆண்டு பழையதாகிவிடக் கூடாது. அதே சமயம் புதுக் கார் வாங்கியதாக ஊர் பேசவும் கூடாது.

1997 ஏப்ரலில் வந்த இரண்டாம் தலைமுறையில்தான் செஞ்சுரியின் பொறியியல் உச்சத்தைத் தொட்டது. உருவத்தைப் பெரிதாக மாற்றாமல் 5,270 மி.மீ. நீளத்துக்கு நீட்டிவிட்டு, பானெட்டுக்குள் 5 லிட்டர் வி-12 எஞ்சினை வைத்தார்கள். ஜப்பானில் விற்பனைக்காகத் தயாரான பயணிகள் கார்களில் முன்புறம் வி-12 எஞ்சின் கொண்டது இது ஒன்றுதான். 4,996 கன செ.மீ. கொள்ளளவைப் பன்னிரண்டாகப் பிரித்தால் ஒரு சிலிண்டருக்கு ஏறத்தாழ 416 கன செ.மீ.தான் வரும். சிறிய வெடிப்புகள், அடிக்கடி வெடிப்புகள். வி-8 எஞ்சினில் கிராங்க் தண்டு 90 பாகை சுழலும்போது ஒரு சிலிண்டர் எரியும். வி-12 எஞ்சினில் 60 பாகைக்கு ஒருமுறை. அதனால் ஒரு தள்ளலுக்கும் அடுத்த தள்ளலுக்கும் இடையில் இடைவெளி உணரப்படுவதே இல்லை. அதோடு, ஆறு சிலிண்டர்களை ஒரே வரிசையில் வைத்தால் பிஸ்டன்கள் மேலும் கீழும் பாயும் விசைகள் ஒன்றையொன்று சமன் செய்துகொள்ளும். வி-12 என்பது அப்படிப்பட்ட இரண்டு வரிசைகளை 60 பாகைக் கோணத்தில் சேர்த்தது. அதிர்வை அடக்க எதிரெடைத் தண்டுகள் எதுவும் தேவையில்லை.

இந்த எஞ்சினின் அறிவிக்கப்பட்ட திறன் 280 குதிரைத்திறன். ஐந்து லிட்டருக்கு இது குறைவு. அப்போது ஜப்பானிய நிறுவனங்கள் தங்களுக்குள் 280-க்கு மேல் போவதில்லை என்று ஓர் உடன்பாட்டைக் கடைப்பிடித்தன. 2004 வரை அது நீடித்தது. ஆனால் உடன்பாடு இல்லாவிட்டாலும் செஞ்சுரிக்கு அதிக வேகம் தேவைப்பட்டிருக்காது. சிக்னலில் நின்ற வண்டி கிளம்பியது பின்னால் இருப்பவருக்குத் தெரியாமல் போக வேண்டும் என்பதே இங்கே நோக்கம்.

இன்னொரு ஏற்பாடு கூடுதல் கவனத்துக்குரியது. எஞ்சினின் இரு வரிசைகளுக்கும் கட்டுப்பாடு தனித்தனியாக அமைக்கப்பட்டது. ஒரு வரிசை பழுதானால் மற்ற ஆறு சிலிண்டர்களைக் கொண்டே வண்டி ஓடும். நாட்டின் பிரதமரையோ பேரரசரையோ ஏற்றிச் செல்லும் கார் நடுவழியில் நிற்பது அவமானம் மட்டுமல்ல, பாதுகாப்புச் சிக்கலும்கூட. நூல் அறுந்தால் தானே நிற்பதுதான் சாக்கிச்சியின் தறிக்குப் பெருமை. அவர் நூற்றாண்டில் பிறந்த காருக்கு, பாதி எஞ்சின் போனாலும் நிற்காததே பெருமை. தறி நின்றால் நல்ல துணி மிஞ்சும், கார் ஓடினால் உள்ளிருப்பவர் பத்திரமாகப் போய்ச் சேர்வார். இரண்டிலும் பிழை நேர்வதற்கு முன்பே அதை எண்ணிப் பார்த்த மனம் ஒன்றுதான்.

உள்ளே வந்தால் இருக்கை உறை கம்பளித் துணி. ஐரோப்பியச் சொகுசுக் கார்களில் தோல் உறைதான் செல்வத்தின் அடையாளம். ஆனால் தோலில் உட்கார்ந்து சற்று நகர்ந்தால் கிறீச்சென்று ஒலி எழும். குளிர்காலத்தில் சில்லிடும், கோடையில் சுடும். கம்பளி ஓசை எழுப்பாது, உடம்பை வழுக்கவிடாது. தோலும் கிடைக்கும் என்றாலும் கம்பளியே செஞ்சுரியின் இயல்பான தேர்வாக இருந்து வந்திருக்கிறது. சன்னல்களில் லேஸ் திரை. முன்னிருக்கையின் முதுகுப் பகுதியில் ஒரு திறப்பு. முன்னால் ஆள் இல்லாதபோது பின்னிருக்கைக்காரர் அதன் வழியே காலை நீட்டிக்கொள்ளலாம். கதவை அறைந்து சாத்த வேண்டியதில்லை, மெல்லப் பொருத்தினால் மோட்டார் இழுத்து மூடிக்கொள்ளும்.

2018 ஜூனில் வந்த மூன்றாம் தலைமுறையில் வி-12 இல்லை. 5 லிட்டர் வி-8 எஞ்சினும் மின்மோட்டாரும் சேர்ந்த ஹைபிரிட் அமைப்பு, மொத்தம் 431 குதிரைத்திறன். எஞ்சின் ரசிகர்களுக்கு இது இழப்புதான். ஆனால் பின்னிருக்கையிலிருந்து பார்த்தால் முடிவு சரியானதே. மெதுவாகப் போகும்போது மோட்டார் மட்டும் சுழல்வதால் அங்கே எந்த எஞ்சினின் ஓசையும் இல்லை. எஞ்சின் ஓடும்போது எஞ்சும் முனகலை, ஸ்பீக்கர்கள் வழியே எதிர் ஒலி அலையை எழுப்பி அடக்குகிறார்கள். தொடக்க விலை 1 கோடியே 96 லட்சம் யென். மாதத்துக்கு 50 கார்கள் விற்பதே இலக்கு. ஒரு பெருந்தொழிற்சாலை சில மணி நேரத்தில் செய்துவிடும் எண்ணிக்கை அது.

எண்ணிக்கை இவ்வளவு குறைவு என்பதால்தான் கைவேலைக்கு இடம் கிடைத்தது. இந்தக் காரின் கறுப்பு நிறத்துக்குக் ‘கமுயி’ என்று பெயர். சாதாரணக் காருக்கு அடிக்கும் பெயிண்ட் பூச்சுகளைவிட அதிகமாக இதற்கு ஏழு பூச்சுகள். நடுவில் கறுப்புச் சாயம் கலந்த ஒளி ஊடுருவும் பூச்சு, நிறத்துக்கு ஆழம் தருவதற்காக. பூச்சு காய்ந்த பிறகு, தண்ணீர் ஓட ஓட, கண்ணுக்குத் தெரியாத மேடுபள்ளங்களை மட்டமாக்கத் தேய்க்கிறார்கள். நம்மூர்ப் பட்டறைகளில் வாட்டர் பேப்பர் போடுவது என்று சொல்லும் அதே வேலை. இங்கே அதை மூன்று முறை செய்கிறார்கள். கடைசியாகப் பஃப் போட்டு மெருகேற்றினால் கதவு முகம் பார்க்கும் கண்ணாடி ஆகிவிடுகிறது. அந்தக் கண்ணாடியில் பிரதிபலிக்கும் கோடு நெளியக் கூடாது. நெளிந்தால் அடியில் உள்ள தகடு சரியில்லை என்று பொருள். ஆகவே பெயிண்ட் நன்றாக அமைய, தகட்டு வேலையும் அதே தரத்தில் அமைந்தாக வேண்டும். காரின் பக்கவாட்டில் ஓடும் இரட்டைக் கோட்டு விளிம்பு, ஹெய்யான் காலத்துத் தச்சர்கள் திரைத்தாங்கிக் கால்களின் மூலைகளைச் செதுக்கிய முறையைப் பின்பற்றியது. கிரில்லில் இருக்கும் ஹோஓ பறவையின் அச்சைக் கைவினைஞர் ஒருவர் சுமார் ஒன்றரை மாதம் உட்கார்ந்து உளியால் செதுக்குகிறார்.

பேரரசர் குடும்பத்துக்கான சிறப்பு வண்டிகள் தனிக் கதை. 1967 முதல் அங்கே ஓடியது ‘நிஸ்ஸான் பிரின்ஸ் ராயல்’ என்ற 6.4 லிட்டர் எஞ்சின் கொண்ட கார். உதிரிபாகம் கிடைப்பது அரிதாகிப் பழுதுபார்ப்பதே கடினமாகிவிட்டதால் அதை ஓய்வுபெறச் செய்ய நேர்ந்தது. 2006-இல் அதன் இடத்துக்கு ‘செஞ்சுரி ராயல்’ வந்தது. நீளம் 6,155 மி.மீ., விலை 5 கோடியே 25 லட்சம் யென். ஏறும் படியில் கருங்கல், உட்கூரையில் ஜப்பானியக் கைத்தாள், பின்னிருக்கையில் கம்பளி, ஓட்டுநர் இருக்கையில் தோல். யாருக்கு எது என்பதில் அங்கே குழப்பமே இல்லை. 2019 நவம்பர் 10 அன்று பேரரசர் நருஹிட்டோவும் பேரரசி மசாக்கோவும் முடிசூட்டு ஊர்வலத்தில் சென்றதும் மேற்கூரை இல்லாத செஞ்சுரியில்தான். 1990 ஊர்வலத்துக்கு ரோல்ஸ்ராய்ஸ் வந்திருந்தது. இந்த முறை உள்நாட்டு வண்டி. அக்டோபர் 22-ஆம் தேதி நடக்க வேண்டிய ஊர்வலம், புயல் சேதத்தால் தள்ளிப்போய் அன்று 4.6 கி.மீ. தூரம் நடந்தது.

இந்த மதிப்பே சில இடங்களில் தொல்லையும் ஆனது. ஹியோகோ மாகாணம் 2019-இல் ஆளுநருக்குச் செஞ்சுரியைக் குத்தகைக்கு எடுத்தபோது மக்கள் பணம் வீணாகிறது என்று கண்டனம் எழுந்தது. 2021-இல் பதவிக்கு வந்த புதிய ஆளுநர் அந்தக் குத்தகையை ரத்து செய்தார். அதிகாரத்தின் அடக்கமான வெளிப்பாடாக ஒரு காலத்தில் பார்க்கப்பட்ட கார், வரி செலுத்துவோரின் கண்ணுக்கு ஆடம்பரமாகத் தெரியத் தொடங்கிவிட்டது. அந்தக் கண்டனத்தில் நியாயம் இருக்கிறது. காரின் வேலைப்பாடு எவ்வளவு நேர்த்தியானது என்பதும், ஓர் ஆளுநருக்கு அது தேவையா என்பதும் வெவ்வேறு கேள்விகள்.

செஞ்சுரியைக் கட்டிவந்தது டொயோட்டா குழுமத்தின் காண்டோ ஆட்டோ வொர்க்ஸ். 2012-இல் அது வேறு நிறுவனங்களோடு இணைக்கப்பட்டது. ஷிசுவோக்கா மாகாணத்தின் சுசோனோ நகரில் இருந்த அதன் ஹிகாஷி-ஃபுஜி ஆலை 2020 டிசம்பரில் மூடப்பட்டது. அந்த நிலத்தில் இப்போது டொயோட்டாவின் ‘வோவன் சிட்டி’ என்ற சோதனை நகரம் எழுந்திருக்கிறது. செஞ்சுரி உற்பத்தி மோட்டோமாச்சி ஆலைக்கு மாறியது. 2023 செப்டம்பரில் அதே பெயரில், உயர்ந்த கூடும் 3.5 லிட்டர் வி-6 பிளக்-இன் ஹைபிரிட்டும் கொண்ட இன்னொரு கார் வந்தது. அதன் தொடக்க விலை இரண்டரை கோடி யென். அது வந்ததால் செடான் நிறுத்தப்படவில்லை. ஜப்பானில் தயாராகும் செடான்களில், ஓட்டுநரை வைத்துப் பின்னால் அமர்பவருக்காகவே அடிமுதல் வடிவமைக்கப்பட்டது என்று சொல்லத்தக்கது செஞ்சுரி மட்டுமே.